தலைகீழாகத் திருப்பினாலும் அதே ராஜா

ரோஸ்ஹில்லில் கணக்கு வாத்தியாராக இருந்து ஓய்வு பெற்றவன் நான். மொரீஷியசில் எச்.எஸ்.சி. (மேல்நிலைப் பள்ளி) பரீட்சைக்குப் படிக்கும் பிள்ளைகளும் அவர்களைப் பெற்றவர்களும் ஒற்றைச் சார்பு பற்றிக் கேட்டவை இவை. சார்பு என்றால் ஒவ்வோர் எக்ஸுக்கும் ஒரே ஒரு மதிப்பைத் தரும் விதி.

கேள்வி: ஐயா, இரட்டைச் சார்பு ஒய் அச்சில் கண்ணாடி வைத்த மாதிரி. அது புரிகிறது. ஒற்றைச் சார்பின் சமச்சீர் கண்ணில் படவே மாட்டேன் என்கிறது. (மாணவர், காத்ர் போர்ன்)

பதில்: கண்ணாடியைத் தேடுவதால்தான் படவில்லை தம்பி. சீட்டுக்கட்டில் ராஜாவை எடுத்து மேசையில் வைத்து அரைச்சுற்று சுற்று. அதே ராஜா. கண்ணாடியில் காட்டினால் முகம் மறுபக்கம் போய்விடும். எக்ஸ்³ வரைபடமும் அப்படித்தான்: ஆதிப்புள்ளியில் ஊசி குத்தித் தாளை 180 பாகை சுற்றினால் கோடு தன்மேலேயே வந்து உட்காரும். (2, 8) இருந்தால் (−2, −8) இருக்கும். எஃப்(−எக்ஸ்) = −எஃப்(எக்ஸ்) சொல்வது அவ்வளவுதான்.

கேள்வி: இதற்கு ஏன் 'ஒற்றை' என்று பெயர்?

பதில்: எக்ஸ், எக்ஸ்³, எக்ஸ்⁵ என்று அடுக்கு ஒற்றைப்படையானால் இந்தக் குணம் வரும். 1727-இல் கணித மேதை ஆய்லர் லத்தீனில் வைத்த பெயர். சைனும் ஒற்றைச் சார்புதான்; அதற்கு அடுக்கு எங்கே என்று கேட்காதீர்கள். அதைத் தொடராக விரித்தால் ஒற்றை அடுக்குகள் மட்டுமே வரும்.

கேள்வி: சிக்குக் கோலத்தைச் சுற்றினாலும் அதே மாதிரி இருக்கிறதே, அதுவும் ஒற்றைச் சார்பா?

பதில்: சமச்சீர் உண்டு, சார்பு இல்லை. ஒரே எக்ஸுக்கு நேரே இழை பல தடவை போகிறது அம்மா.

கேள்வி: 1/எக்ஸ் ஒற்றைச் சார்புதானே. −1 முதல் 1 வரை தொகையிட்டு விடை 0 என்று எழுதினேன். மதிப்பெண்ணும் 0. (மாணவி, போர்ட் லூயிஸ்)

பதில்: திருத்தியவர் மேல் தப்பில்லை பாப்பா. எக்ஸ்³ என்றால் இடப்பக்கப் பரப்பும் வலப்பக்கப் பரப்பும் கழிந்து 0 வரும். இங்கே ஒவ்வொரு பக்கமும் முடிவிலி. முடிவிலியில் முடிவிலியைக் கழித்து 0 என்று எழுத யாரும் நமக்கு அனுமதி தரவில்லை. 0-இல் சார்பு இருக்கிறதா என்று முதலில் பார். இருந்தால் எஃப்(0) = −எஃப்(0) ஆகி வரைபடம் ஆதிவழி போயே தீரும்; 1/எக்ஸுக்கு அங்கே மதிப்பே கிடையாது.

கேள்வி: இதெல்லாம் நிஜத்தில் எங்கே இருக்கிறது என்று மகள் கேட்கிறாள். எனக்குச் சொல்லத் தெரியவில்லை.

பதில்: வாசலுக்குக் கூட்டி வாருங்கள். ஜூன் 21-ஐ ஒட்டி நமக்கு ஆண்டின் மிகக் குறுகிய பகல். போர்ட் லூயிஸ் நிலநடுக்கோட்டுக்குத் தெற்கே சுமார் 20 பாகை. இந்தியாவின் புவனேஸ்வர் வடக்கே சுமார் 20. அன்று அங்கே பகல் சுமார் 13 மணி 21 நிமிடம், இங்கே 10 மணி 55 நிமிடம். அட்சரேகையை எக்ஸ் என்றும் தெற்கை மைனஸ் என்றும் வைத்தால், பகலின் நீளம் 12 மணி நேரத்தைவிட எவ்வளவு கூடுகிறது என்பது ஒற்றைச் சார்பாக வரவேண்டும். அங்கே கூடுவதும் இங்கே குறைவதும் ஒன்றாக இருக்க வேண்டும். ஆனால் அங்கே 81 நிமிடம் கூடுதல், இங்கே 65 நிமிடம்தான் குறைவு. உதைக்கிறதா? எனக்குப் பிடித்த இடமே இதுதான். (81 + 65) ÷ 2 = 73, இது ஒற்றைப் பகுதி, பூமியின் சாய்வால் வருவது. (81 − 65) ÷ 2 = 8, இது இரட்டைப் பகுதி. காற்று ஒளியை வளைப்பதாலும், சூரியனின் மேல்விளிம்பு தெரிந்ததுமே விடிந்ததாக எண்ணுவதாலும் இரண்டு ஊருக்கும் ஒரேபோல் கிடைக்கும் இனாம். சார்பகம், அதாவது எக்ஸ் எடுக்கும் மதிப்புகள், 0-க்கு இருபுறமும் சமமாக இருந்தால் எந்தச் சார்பையும் இப்படி இரண்டாக உரிக்கலாம்.

கேள்வி: எக்ஸ்³ + 3எக்ஸ்² ஒற்றையும் இல்லை, இரட்டையும் இல்லை. அப்போது சமச்சீரே இல்லையா?

பதில்: உண்டு, ஊசியை இடம் மாற்றிக் குத்த வேண்டும். எக்ஸுக்குப் பதில் யு − 1 போட்டு விரித்துப் பார்: யு³ − 3யு + 2. அந்த 2-ஐ ஒதுக்கினால் மிச்சம் சுத்தமான ஒற்றைச் சார்பு. ஊசி குத்த வேண்டிய இடம் (−1, 2). மெய்யெண் கெழு உள்ள எந்த முப்படிக்கும் இப்படி ஓர் இடம் உண்டு. எக்ஸ்² கெழுவை எக்ஸ்³ கெழுவின் மூன்று மடங்கால் வகுத்துக் குறியை மாற்றினால் அதன் எக்ஸ் மதிப்பு கிடைத்துவிடும்.