பின்பாட்டு: ஒரு கடிதம்

அன்புள்ள ஐயா,

மறைந்த குணச்சித்திர நடிகர் டெல்லி கணேஷ் பற்றி நீங்கள் எழுதிய கட்டுரையை வீட்டில் சத்தமாகப் படித்துக் காட்டினேன். கேட்டுக்கொண்டிருந்தவர் என் சித்தப்பா. இருபத்திரண்டு வருடம் சீரியல்களிலும் படங்களிலும் சின்னச் சின்ன வேடங்கள் செய்தவர். காட்பாடியில் விடிகாலை ஏலகிரி எக்ஸ்பிரஸ் ஏறி, சென்ட்ரலில் இறங்கி, பூங்கா நிலையத்தில் மின்சார ரயில் பிடித்துக் கோடம்பாக்கம் போவார். தாசில்தார், டாக்டர், பெண்ணுக்குத் தாய்மாமன், இப்படி ஏதாவது.

ஒரு தொடரில் அவர் பாத்திரத்தை முடித்துவிட்டு, போட்டோவுக்கு மாலை போட்டுக் காட்டினார்கள். "உயிரோட கீற புள்ளைக்கு மாலை போட்டுட்டானுங்களே" என்று பாட்டி இரண்டு நாள் சாப்பிடவில்லை. அந்தத் தொடரில் கடைசிப் பன்னிரண்டு நாள் சம்பளம் இன்றுவரை வரவில்லை.

இப்போது அவருக்கு அறுபத்தெட்டு வயது. படித்து முடித்ததும், "அவருக்குப் பேர் இருக்குது, எழுதறாங்க. நான் பண்ணதெல்லாம் நடிப்புல சேருமா?" என்று கேட்டார். எனக்குப் பதில் சொல்லத் தெரியவில்லை. நீங்கள் சொல்லுங்கள்.

ஒரு வாசகர்,
காட்பாடி

அன்புள்ள நண்பருக்கு,

சேரும். சித்தப்பாவிடம் முதலில் இந்த ஒரு சொல்லைச் சொல்லிவிடுங்கள். மீதியை அப்புறம் படித்துக் காட்டலாம்.

நீங்களும் நானும் பழைய வட ஆற்காட்டுக்காரர்கள். 1989இல் மாவட்டத்தைப் பிரித்தபோது செய்யாறு பக்கத்துக் கூத்து ஊர்கள் திருவண்ணாமலைக்குப் போய்விட்டன. ஆனாலும் திரௌபதி அம்மன் கோயில் பாரதக் கூத்து நமக்குப் புதிதில்லை. கிரீடமும் புஜக்கட்டையும் கட்டிக்கொண்டு துரியோதனன் திரைக்குப் பின்னால் நிற்கிறான். வந்திருப்பது யார் என்று கேட்க, கூத்தின் கோமாளியான கட்டியங்காரன் வேண்டும். ஊருக்கே தெரிந்த பதிலை அவன் தெரியாதவன் மாதிரி கேட்க வேண்டும். துரியோதனன் ஓர் அடி பாடியதும் பின்னால் நிற்பவர்கள் அதை வாங்கிப் பாடுகிறார்கள். அந்த நேரத்தில்தான் அவன் மூச்சு வாங்கிக்கொள்கிறான். பின்பாட்டு தளர்ந்தால் எப்பேர்ப்பட்ட ஆட்டக்காரனும் விடியும்வரை தாங்க மாட்டான். சின்ன வயதில் நான் துரியோதனனை மட்டும்தான் பார்த்தேன். பின்னால் நிற்பவர்களைப் பார்க்கத் தொடங்கியது நாற்பது வயதுக்கு மேல்தான்.

அதற்குக் காரணம் ஒரு சீரியல். இரண்டு வருடம் வசனம் எழுதினேன். வளசரவாக்கத்தில் ஒரு ஷூட்டிங் வீடு. மாமனார் வேடத்தில் வயதான ஒருவர் நடித்தார். அன்றைக்கு அவருக்கு நான் ஒரு வரிகூட எழுதவில்லை. மருமகள் அழுகிறாள், மாமியார் கத்துகிறாள், அவர் பேப்பர் படித்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார், அவ்வளவுதான் காட்சி. கேமரா ஓடியதும் அவர் பேப்பரை மெதுவாக நாலாக மடித்தார். கண்ணாடியைக் கழற்றினார். கூட்டில் வைத்து மூடப் போனவர், அந்த 'டப்' சத்தம் மருமகளுக்குக் கேட்டுவிடக் கூடாது என்பதுபோல விரலைக் கொடுத்து அமுக்கி மூடினார். யாரும் அவருக்குச் சொல்லித் தரவில்லை. எடிட்டிங்கில் அழுகையைவிட அந்த விரலைத்தான் அதிகம் வைத்திருந்தார்கள். அடுத்த வாரம் இயக்குநர் என்னைக் கூப்பிட்டு, "மாமனாருக்கு ஏதாவது எழுதுங்க சார்" என்றார். அவரும் தினசரிச் சம்பளத்துக்கு வந்தவர்தான். பேட்டா கையில் வாங்கிக்கொண்டு பஸ்ஸில் போவார்.

உங்கள் சித்தப்பாவுக்கு சஜஷன் ஷாட் என்றால் என்னவென்று நன்றாகத் தெரியும். உங்களுக்காகச் சொல்கிறேன். எதிரே பேசுகிறவரின் முகம் தெரியும், முன்னால் இன்னொருவரின் தோள் மட்டும் தெரியும். அந்தத் தோள்காரர் முகம் காட்டாமலே தன் வசனத்தை முழு உணர்ச்சியோடு சொன்னால்தான் எதிரில் இருப்பவருக்குக் கண் கலங்கும். தங்கள் குளோசப் முடிந்ததும் கேரவனுக்குப் போய்விடுகிறவர்கள் உண்டு. அப்போது உதவி இயக்குநர் ஒருவர் நின்று வசனத்தை ஒப்பிப்பார். நின்று கொடுக்கிறவர்கள் பெரும்பாலும் உங்கள் சித்தப்பா மாதிரி ஆட்கள். அந்த உழைப்பு திரையில் வேறொருவர் முகத்தில் தெரிகிறது. எத்தனை பேருடைய நல்ல காட்சிகளில் உங்கள் சித்தப்பா இருக்கிறார் என்று அவருக்கே கணக்குத் தெரியாது.

டெல்லி கணேஷும் முதல் நாளே பெயரோடு வந்தவர் இல்லை. பத்து வருடம் விமானப் படையில் இருந்தார். டெல்லியில் தட்சிண பாரத நாடக சபாவின் நாடகங்களில் நடித்தார். 1977இல் பாலசந்தர் 'பட்டினப் பிரவேசம்' படத்தில் அறிமுகம் செய்தபோது வயது முப்பதைத் தாண்டிவிட்டது. நான் அவரிடம் வியப்பது 400 படங்கள் என்ற எண்ணிக்கையை அல்ல. 1987இல் 'நாயகன்', 1989இல் 'அபூர்வ சகோதரர்கள்', 1990இல் 'மைக்கேல் மதன காமராஜன்'. மூன்றிலும் கமல்தான் நாயகன். முதலாவதில் பக்கத்திலேயே நின்று இந்தியில் பேசிக்கொடுக்கும் ஐயர். இரண்டாவதில் நாயகனின் அப்பாவைக் கொன்ற நால்வரில் ஒருவர். மூன்றாவதில் பாலக்காட்டுச் சமையல்காரர். ஒரே நாயகனுக்கு எதிரே நான்கு வருடத்துக்குள் மூன்று வேறு மனிதர்கள். அந்தச் சமையல்காரரைப் பார்த்து நாம் சிரித்தபோது, போன வருடக் கொலைகாரன் ஞாபகத்துக்கு வரவே இல்லை. 2024 நவம்பரில் அவர் மறைந்தபோது ஊரே அவர் பெயரைச் சொன்னது. அந்தப் பெயர் சேர நாற்பத்தேழு வருடம் ஆகியிருக்கிறது.

உங்கள் சித்தப்பாவுக்கு அப்படி நடக்கவில்லை. அது எனக்கும் வருத்தம்தான். வேடம் கிடைப்பதும் நிலைப்பதும் நடிகர் கையில் இல்லை. டிஆர்பி இறங்கினால் கதையை மாற்றுவார்கள், கதையை மாற்றினால் முதலில் போவது தாய்மாமன். பன்னிரண்டு நாள் சம்பளத்தைக் கொடுக்காதவர்கள் செய்தது அநியாயம், அதற்குச் சமாதானம் சொல்ல என்னிடம் எதுவும் இல்லை. பாட்டி இரண்டு நாள் சாப்பிடாமல் இருந்ததை மட்டும் சித்தப்பாவிடம் மறுபடி ஞாபகப்படுத்துங்கள். பெற்ற மகன், பக்கத்து அறையில் இருக்கிறான். இருந்தும் திரையில் பார்த்தது அவர் வயிற்றைப் பிசைந்திருக்கிறது.

இன்னொன்று. கேரக்டர் ஆர்ட்டிஸ்டுகள் பெரும்பாலும் கால்ஷீட் குறித்துவைக்க டைரி வைத்திருப்பார்கள். தேதி, கம்பெனி, என்ன வேடம், எவ்வளவு பாக்கி எல்லாம் அதில் இருக்கும். சித்தப்பாவிடம் இருந்தால் பழைய பேப்பர்காரரிடம் போட்டுவிடாதீர்கள். அவர் மாதிரி ஆட்களைப் பற்றி வேறு எங்கும் குறிப்பு இருக்காது. டைட்டில் கார்டிலும் பல தடவை பெயர் வந்திருக்காது. நான் ஆடி மாதம் ஊருக்கு வருகிறேன். அவருக்குச் சம்மதம் என்றால் ஒரு நாள் காட்பாடிக்கு வந்து, டைரியை விரித்து வைத்துக்கொண்டு, அவர் சொல்லச் சொல்ல எழுதிக்கொள்கிறேன். எந்தக் கிழமை சௌகரியம் என்று கேட்டுச் சொல்லுங்கள்.

அன்புடன்.