குடத்தை ஏன் விட்டுப் போனாள்?

அன்புள்ள அக்கா,

நான் இறையியல் கல்லூரியில் இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். சொந்த ஊர் களியக்காவிளைக்கு அந்தப் பக்கம், பாறசாலை அருகே. திருச்சபை வரலாற்றில் பெண்கள் என்று ஒரு கட்டுரை எழுத வேண்டும். நூலகத்தில் தேடினால் ஐரோப்பியப் பெயர்களே வருகின்றன. நம் பக்கத்துப் பெண்கள் இறையியல் என்று ஏதும் செய்ததாகத் தெரியவில்லை. என் பாட்டியும் (84 வயது) வெறும் பைபிள் உமனாக முப்பது வருஷம் வீடு வீடாகப் போய் வேதம் வாசித்துச் சொன்னவர்தான், அதை இறையியல் என்று சொல்ல முடியாது. பெண்கள் சபையில் பேசக்கூடாது என்று பவுலே எழுதிய பிறகு வேறென்ன எதிர்பார்ப்பது? பெண்ணியமே மேற்கிலிருந்து வந்த சரக்கு என்கிறான் என் நண்பன். உங்கள் கருத்து என்ன? படிக்க வேண்டிய புத்தகங்களின் பட்டியலும் தந்தால் உதவியாக இருக்கும். என் பெயரைப் போட வேண்டாம்.

அன்புள்ள தம்பி,

பெயரைப் போடவில்லை. பதிலும் போடப் போவதில்லை என்றுதான் இருந்தேன். கல்லூரிக் கட்டுரைக்குக் குறிப்பெடுத்துக் கொடுக்கும் வேலையை நான் செய்வதில்லை. ஆனால் போன மாதம் மார்த்தாண்டம் பக்கம் எங்கள் பழைய வீட்டை இடிக்கிறார்கள் என்று போயிருந்தேன். பரணிலிருந்து என் பெரியம்மையின் தகரப் பெட்டி இறங்கியது. அதற்குள் ஒரு நீள நோட்டு. அதைப் புரட்டிக்கொண்டிருந்த வாரத்தில் உங்கள் கடிதம் வந்தது. என் பெரியம்மையும் பைபிள் உமன்தான். 'வெறும்' பைபிள் உமன்.

அந்த 'வெறும்' உங்கள் பேனாவில் எப்படி வந்தது? நீங்கள் இரண்டு வருஷமாக மின்விசிறிக்குக் கீழே உட்கார்ந்து படிப்பது இறையியல், அவர் முப்பது வருஷம் வெயிலில் நடந்து சொன்னது இறையியல் இல்லை. இதைப் பாட்டியிடம் நேரில் சொல்லிப் பாருங்கள். கோபப்பட மாட்டார். சாப்பிட்டாயா என்றுதான் கேட்பார். அதனால்தான் உங்களுக்கு இவ்வளவு தைரியம்.

சரி, மற்றவற்றை வேகமாக முடித்துவிடுகிறேன்.

ஐரோப்பியப் பெயர்கள் வந்தால் வரட்டும். அங்கேயும் ஒன்றும் வாரிக் கொடுத்துவிடவில்லை. கத்தோலிக்கத் திருச்சபை மறைவல்லுநர், அதாவது திருச்சபைக்கே ஆசிரியர், என்று பட்டம் கொடுத்த பெண்கள் நான்கே பேர். முதல் இருவருக்கு 1970இல்தான் கிடைத்தது. ஜெர்மானியத் துறவி ஹில்டகார்ட் 1179இல் இறந்தவர், அவருக்கு 2012இல். எண்ணூறு வருஷத்துக்கு மேல் வரிசையில் நின்றிருக்கிறார். நம் ரேஷன் கடையே தேவலை.

பவுல் விஷயம். கொரிந்தியருக்கு எழுதிய முதல் நிருபத்தில் 14ஆம் அதிகாரத்தைப் பிடித்துக்கொள்கிறீர்கள். மூன்று அதிகாரம் முன்னால் போங்கள். ஜெபம் பண்ணும்போதும் தீர்க்கதரிசனம் சொல்லும்போதும் பெண் தலையை மூடிக்கொள்ள வேண்டும் என்கிறார். வாயே திறக்கக்கூடாதவளுக்கு, வாய் திறக்கும்போது முக்காடு எதற்கு? இரண்டாம் ஆண்டு மாணவருக்கு இதையும் நான்தான் சொல்ல வேண்டுமா?

மேற்குச் சரக்கு என்கிற நண்பரிடம் நாகர்கோவில் ரேந்தை (லேஸ்) பற்றி மட்டும் சொல்லுங்கள். 1819இல் மிஷனரிக் கணவரோடு அங்கே வந்த மார்த்தா மால்ட், பள்ளிக்கூடத்துப் பெண்பிள்ளைகளுக்கு ரேந்தை பின்னக் கற்றுக்கொடுத்தார். ஊசி, நூல், தலையணை எல்லாம் மேற்கிலிருந்து வந்தவைதான். ஆனால் அந்தக் கூலியைச் சேர்த்து அடிமைத்தளையிலிருந்து தங்களை மீட்டுக்கொண்ட பிள்ளைகள் இந்த மண்ணின் பிள்ளைகள். திருவிதாங்கூரில் அடிமை முறையை ஒழித்த பிரகடனம் 1855இல்தான் வந்தது. பெண்கள் மாரை மறைக்கும் தோள்சீலைக்கான அனுமதி 1859இல். அதற்கு முன்னால் சந்தையில் ரவிக்கை கிழிபட்டு நின்ற பெண்கள் எந்தப் புத்தகத்தைப் படித்துவிட்டு நின்றார்கள் என்று நண்பரிடம் கேளுங்கள்.

இப்போது எனக்குப் பிடித்த இடத்துக்கு வருகிறேன். பவுல் ரோமருக்கு எழுதிய நிருபம், 16ஆம் அதிகாரம்.

பழைய தமிழ் மொழிபெயர்ப்பில் முதல் வசனத்தைப் பாருங்கள். 'கெங்கிரேயா ஊர் சபைக்கு ஊழியக்காரியாகிய நம்முடைய சகோதரி பெபேயாள்.' கிரேக்கத்தில் அங்கே இருப்பது 'தியாகோனோஸ்' என்ற சொல். அதே சொல் பிலிப்பியர் நிருபத்தின் முதல் வசனத்திலும் வருகிறது. அங்கே தமிழில் 'கண்காணிகளுக்கும் உதவிக்காரருக்கும்'. உதவிக்காரர் என்றால் சபையில் ஒரு பொறுப்பு. தீமோத்தேயுவில் அதற்குத் தகுதிகள்கூட வரிசையாக வருகின்றன. பெபேயாள் மட்டும் ஊழியக்காரி.

மொழிபெயர்த்தவர்கள் தப்பு செய்தார்கள் என்று அவசரப்பட்டு எழுதிவிடாதீர்கள். பவுல் தன்னையும் அப்பொல்லோவையும் இதே கிரேக்கச் சொல்லால் சொல்கிற இடத்தில் தமிழில் 'ஊழியக்காரர்தானே' என்றுதான் இருக்கிறது. சொல் ஒன்றுதான். காதுதான் வேறு. 'ஊழியக்காரர் வருகிறார்' என்றால் நமக்கு என்ன தெரிகிறது? வெள்ளைச் சட்டை, கையில் மைக், பின்னால் ஒரு கார். 'ஊழியக்காரி வருகிறாள்' என்று சொல்லிப் பாருங்கள். முறமும் விளக்குமாறும் தெரிகின்றன. பவுல் தன் பெயருக்குப் பக்கத்தில் வைத்த சொல், ஒரு விகுதி மாறியதும் சமையல்கட்டுக்குப் போய்விட்டது. ஏழாம் வசனத்து யூனியா கதை இன்னும் மோசம். அப்போஸ்தலருக்குள் பெயர்பெற்றவர் என்று பவுல் சொல்கிறார். நாலாம் நூற்றாண்டில் திருச்சபைத் தந்தை கிறிசோஸ்தோம் அவரை ஒரு பெண் என்று தெளிவாகச் சொல்லி வியந்து புகழ்ந்தார். நம் தமிழில் 'அன்றோனீக்கையும், யூனியாவையும்' என்று போகிற போக்கில் வருவதால், அது பெண் என்றே ஞாயிறு பள்ளியில் யாருக்கும் தெரியாது. எனக்கு நாற்பது வயதில் தெரிந்தது.

பெபேயாள் மட்டும் எட்டு வயதிலேயே தெரியும். பெரியம்மை சொன்னாள்.

அவள் படித்த காலத்தில் எங்கள் ஊரும் உங்கள் ஊரும் ஒரே திருவிதாங்கூர். பள்ளிக்கூடத்தில் மலையாளம், கோயிலில் தமிழ். 1956இல் தமிழ்நாடு, கேரளம் என்று எல்லை போட்ட பிறகும் அவள் பையில் இரண்டு பைபிள் இருந்தன. கறுப்புக் குடை, தோளில் துணிப்பை, வெள்ளைச் சேலை. தமிழ் வீட்டில் தமிழ், மலையாள வீட்டில் மலையாளம். ஒரு மத்தியானம் மரச்சீனிக் கிழங்கும் கட்டன் சாயாவும் முன்னால் இருக்க, இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் விரித்துவைத்துக்கொண்டு கூப்பிட்டாள்.

"இஞ்ச பாரு மக்கா. தமிழ்ல ஆம்பிளைக்கு உதவிக்காரர், பெபேயாளுக்கு ஊழியக்காரி. மலையாளத்தப் பாரு. அவியளுக்கும் சுஸ்ரூஷைதான், இவளுக்கும் சுஸ்ரூஷைதான். ஒரே சொல்லுல்லா?"

கிரேக்கம் ஓர் எழுத்து தெரியாது. இரண்டு மொழிபெயர்ப்பை ஒப்பிட்டு மூலத்தில் ஒரே சொல்தான் இருக்க வேண்டும் என்று கண்டுபிடித்தவள். உங்கள் கல்லூரியில் இதற்கு என்ன பெயர், தம்பி? எல்லையில் பிறந்ததற்கு எங்களுக்குக் கிடைத்த ஒரே லாபம் இது. உங்களுக்கும் கிடைத்திருக்க வேண்டும். வீட்டில் இரண்டு பைபிளும் இருக்குமே?

இன்னொன்றும் சொல்ல வேண்டும். விடுமுறை நாட்களில் அவளோடு நானும் போவேன். வியாழக்கிழமை அண்டியாபீஸ், அதாவது முந்திரிக்கொட்டை உடைக்கும் தொழிற்சாலை. மத்தியானச் சாப்பாட்டு நேரத்தில் அண்டி தல்லும் பெண்கள் ஒரு பலாமரத்தடியில் உட்கார்வார்கள். தோட்டு எண்ணெய் பட்டு விரலெல்லாம் கறுத்து, தோல் உரிந்து இருக்கும். பைபிளைத் தொட மாட்டார்கள், கறை பட்டுவிடும் என்று. பெரியம்மைதான் பக்கம் புரட்டுவாள். அன்றைக்கு யோவான் சுவிசேஷம் நாலாம் அதிகாரம். கிணற்றடியில் இயேசு ஒரு சமாரியப் பெண்ணிடம் தண்ணீர் கேட்கும் கதை. 'அந்த ஸ்திரீ, தன் குடத்தை வைத்துவிட்டு, ஊருக்குள்ளே போய்' என்று வாசித்து நிறுத்தி, குடத்தை ஏன் விட்டுப் போனாள் என்று கேட்டாள். பயிற்சியில் சொல்லிக்கொடுத்த பதில் அவளுக்குத் தெரியும்: பழைய வாழ்க்கையை விட்டதற்கு அடையாளம்.

ஓர் அக்கா கஞ்சியைக் குடித்துக்கொண்டே சொன்னாள். "அவருக்கு தாகம்னுல்லா முதல்ல கேட்டாரு? அவருட்ட கோரதுக்கு ஒண்ணும் கெடயாது. குடிக்கட்டும்னு வச்சிட்டுப் போயிருப்பா."

பெரியம்மை கொஞ்ச நேரம் பேசவில்லை. முதலிலிருந்து மறுபடி வாசித்தாள். வாசித்துப் பாருங்கள், அந்த அதிகாரம் முழுக்க இயேசுவுக்கு யாரும் தண்ணீர் கொடுத்ததாக எழுதவில்லை. அவரிடம் மொண்டுகொள்ளப் பாத்திரம் இல்லை என்பதும் அதிலேயே இருக்கிறது. தாகத்தைப் பற்றிப் பெரிய பெரிய பேச்சு நடந்த பிறகு அவர் தாகம் என்ன ஆயிற்று என்று ஒருத்தி யோசித்திருக்கிறாள். தினமும் குடம் சுமப்பவளுக்குத்தான் அது தோன்றும்.

அந்த வருஷம் பெண்கள் ஞாயிறில் பெரியம்மை பேச வேண்டும் என்று முடிவாயிற்று. பிரசங்க பீடத்தில் ஏற வேண்டாம், கீழே நின்று பேசட்டும் என்று கமிட்டியில் ஒருவர் சொன்னார். கீழே நின்று பேசினாள். குடத்தைப் பற்றித்தான் பேசினாள், அண்டியாபீஸில் ஒரு சகோதரி சொன்னாள் என்று சொல்லியே பேசினாள். சில மாதம் கழித்து அதே விளக்கம் பீடத்தின் மேலிருந்து வந்தது. 'ஒரு வேதபண்டிதர் சொல்கிறார்' என்று. எங்கள் பெஞ்சில் பெரியம்மை என்னைப் பார்த்துச் சிரித்தாள். எனக்குச் சிரிப்பு வரவில்லை. இன்றுவரை வரவில்லை.

பெண்களுக்குப் பீடம் கிடைத்துவிட்டதே என்பீர்கள். கிடைத்தது. தென்னிந்தியத் திருச்சபையில் பெண்கள் ஆயர்களானார்கள், 2013இல் ஆந்திராவின் நந்தியால் பேராயத்துக்கு ஒரு பெண் பேராயர். நல்லது. ஆனால் நான் கேட்பது பீடத்தை அல்ல, நோட்டை.

பெட்டியில் கிடைத்த நோட்டைச் சொன்னேனே. அது மாதாமாதம் மேலே காட்ட வேண்டிய கணக்கு. ஸ்கேல் வைத்துக் கோடு போட்டு ஆறு கட்டம். தேதி, ஊர், எத்தனை வீடு, கேட்டவர்கள், வாசித்த பகுதி, விற்ற புத்தகம். அந்த வியாழக்கிழமையைத் தேடினேன். இருக்கிறது. 'அண்டியாபீஸ். கேட்டவர்கள் 14. யோவான் 4. விற்றது இல்லை.' அவ்வளவுதான். கேட்டவர்கள் என்ன சொன்னார்கள் என்று எழுத ஏழாவது கட்டம் யாரும் போட்டுக்கொடுக்கவில்லை. பெரியம்மைக்கும் தோன்றவில்லை. பெண் கேட்பாள், சொல்லமாட்டாள் என்றுதானே கட்டம் போட்டவர் நினைத்திருப்பார்? அந்த அக்காவின் பெயர் எனக்கும் நினைவில்லை. மூன்று நாளாக யோசிக்கிறேன்.

மதம் மாறிக் கிறிஸ்தவரான நட்டாலம் தேவசகாயம் பிள்ளையை 2022இல் புனிதராக அறிவித்தபோது உங்கள் பக்கத்திலிருந்தும் பஸ் பஸ்ஸாக வந்தார்கள். 1752இல் காட்டாடிமலையில் அவரைச் சுட்டுக் கொன்ற கதையை எங்கள் பக்கத்தில் சின்னப் பிள்ளையும் சொல்லும். அவர் மனைவி பார்கவியம்மாள், ஞானஸ்நானத்தில் ஞானப்பூ ஆனவர், வடக்கன்குளத்தில் அடக்கமாகியிருக்கிறார். புருஷனைக் கை விலங்கோடு ஊர் ஊராக இழுத்துக்கொண்டு போனபோது அந்த அம்மாள் எந்த ஜெபத்தைச் சொன்னார்? அங்கேயும் ஏழாவது கட்டம் இல்லை.

உங்கள் பாட்டிக்கு 84 வயது. இந்தச் சனிக்கிழமையே பஸ் ஏறுங்கள். கட்டுரை தாமதமானால் ஆகட்டும். யோவான் நாலை மலையாளத்தில் வாசிக்கச் சொல்லி, குடத்தைப் பற்றிக் கேளுங்கள். அவர் சொல்வதைத் திருத்தாமல் எழுதுங்கள். 'ஒரு மூதாட்டி' என்று போடாதீர்கள், பெயரைப் போடுங்கள். அவர் போன வீடுகளில் யார் யார் என்னென்ன சொன்னார்கள் என்றும் கேளுங்கள். நடுவில் உங்கள் கல்லூரிப் பாடத்தை எடுத்துவிடாதீர்கள், பாவம், மரியாதைக்காகக் கேட்டுக்கொண்டிருப்பார்.

புத்தகப் பட்டியல் கேட்டிருந்தீர்கள், மறந்தே போய்விட்டேன். பண்டித ரமாபாயிலிருந்து தொடங்குங்கள். எபிரேயமும் கிரேக்கமும் படித்து முழு பைபிளையும் மராத்தியில் மொழிபெயர்த்தவர். அச்சுக் கோத்தவர்களும் அவருடைய முக்தி இல்லத்துப் பெண்கள்தான். மீதியை உங்கள் நூலகரிடம் கேளுங்கள், அவருக்குச் சம்பளம் அதற்குத்தான்.

பாட்டியிடமும் அப்படி ஒரு நோட்டு இருக்கும். இருந்தால் இப்போதே கையில் எடுத்துக்கொள்ளுங்கள். எங்கள் நோட்டில் கடைசி இருபது பக்கத்தைக் கரையான் தின்றுவிட்டது.

அன்புடன்,
அக்கா