வெட்டுக்காயம் ஆறியும் விரல் நிமிரவில்லை: சீட்டில் எந்த நோய்க் கோடு (code) இருக்க வேண்டும்?

கேள்வி: பாலக்காடு மாவட்டம் சித்தூர் தாலுகாவில், கோவிந்தாபுரம் பக்கம் இருக்கிறோம். இரண்டு வருடத்துக்கு முன்பு ஆனைமலைப் பக்கம் ஒரு திருவிழாத் தகராறில் என் தம்பிக்கு வலது முன்கையில் அரிவாள் வெட்டு விழுந்தது. காயம் ஆறிவிட்டது. ஆனால் மோதிர விரலும் சுண்டு விரலும் கொக்கி மாதிரி மடங்கியே நிற்கின்றன. கோவையில் ஆபரேஷன் செய்யச் சொல்கிறார்கள். ஆஸ்பத்திரிச் சீட்டில் நோய்க் கோடு 'எஸ் 54.0, டபிள்யூ 26' என்று இருக்கிறது. போன வருடம் எடுத்த இன்சூரன்ஸ் உண்டு. "கீழே விழுந்ததாக கோடை மாற்றிவிடலாம், கேஷ்லெஸ் வந்துவிடும்" என்கிறார் ஒருவர். மாற்றலாமா?

பதில்: மாற்றத்தான் வேண்டும். ஆனால் அவர் சொல்கிற பக்கம் அல்ல.

முதலில் அந்தச் சீட்டில் என்ன தப்பு என்று பார்ப்போம். எஸ் 54.0 என்றால் முன்கையில் அல்நார் நரம்பு (சுண்டு விரல் பக்கம் போகும் நரம்பு) இப்போதுதான் காயப்பட்டிருக்கிறது என்று பொருள். டபிள்யூ 26 என்றால் கூர்மையான பொருள் தற்செயலாகப் பட்டது என்று பொருள். அதாவது உங்கள் தம்பி நேற்று தேங்காய் உரிக்கும்போது கையை அறுத்துக்கொண்டார் என்கிறது அந்தச் சீட்டு.

நம் நாட்டு ஆஸ்பத்திரிகளில் பயன்படும் உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10 என்ற நோய்க் கோடுப் பட்டியலில் இதற்கு மூன்று வரி வர வேண்டும். முதல் வரி, இப்போது எதற்கு வைத்தியம் என்பது: எம் 21.5, பிறவியில் இல்லாமல் பின்னால் ஏற்பட்ட கை மடக்கம். இரண்டாவது, அது எந்தப் பழைய காயத்தின் விளைவு என்பது: டி (T) 92.4, கை நரம்புக் காயத்தின் பின்விளைவு. மூன்றாவது, அந்தக் காயம் எப்படி வந்தது என்பது: ஒய் 87.1, தாக்குதலின் பின்விளைவு. இந்த மூன்றாவது வரி ஒருபோதும் தனியாகவோ முதலிலோ வரக்கூடாது. பின்விளைவு கோடு இருப்பதால், பழைய காயத்தின் கோடான எஸ் 54.0 இந்த மூன்று வரியோடு சேர்ந்து வரவே கூடாது.

உறவில் யாராவது சென்னையிலோ கோவையிலோ மெடிக்கல் கோடிங் வேலையில் இருந்தால், "டி 92 என்று ஒரு கோடே கிடையாது" என்று அடித்துச் சொல்வார்கள். அவர்கள் சொல்வதும் பொய்யில்லை. அவர்கள் பார்ப்பது அமெரிக்கப் பட்டியல். அதில் டி 90 முதல் டி 98 வரை எடுத்துவிட்டு, பழைய காயத்தின் கோடையே வைத்துக் கடைசியில் 'எஸ்' என்ற எழுத்தைச் சேர்ப்பார்கள். அங்கே இதே கைக்கு எம் 21.511, எஸ் 54.01எக்ஸ்எஸ், அதோடு கத்தித் தாக்குதலுக்கு எக்ஸ் 99.1எக்ஸ்எக்ஸ்எஸ். கடைசி எழுத்து 'ஏ' என்றால் புதுக் காயம், 'எஸ்' என்றால் பின்விளைவு. ஓர் எழுத்தில் இரண்டு வருடம் காணாமல் போய்விடும். இரண்டு பட்டியலையும் கலந்து போட்டால்தான் குழப்பம். பல ஆஸ்பத்திரிகளில் மென்பொருள் பட்டியலில் முதலில் வருவதை ஒரு தட்டு தட்டிவிட்டுப் போகிறார்கள். டிஸ்சார்ஜ் அவசரத்தில் மேலே கிடப்பது எதுவோ அதுதான் நோய்!

டபிள்யூ 26 வந்ததற்கு இன்னொரு காரணமும் உண்டு. டாக்டர் 'வலது கை மடக்கம், ஆபரேஷன் ஆலோசனை' என்று மட்டும் எழுதியிருப்பார். யார் வெட்டியது, எப்போது என்று ஏட்டில் இல்லாவிட்டால் கோடு போடுகிறவர் அதை ஊகிக்கக் கூடாது. எப்படி என்று தெரியாவிட்டால் விபத்து என்று எடுத்துக்கொள்வது அமெரிக்க விதி; அதில் பழகியவர்கள் இங்கும் அப்படியே போட்டுவிடுகிறார்கள். ஆகவே சண்டை பிடிக்க வேண்டிய இடம் கணினி மேசை அல்ல, டாக்டரின் அறை. அவர் எழுத வேண்டியது ஒரே வரிதான்: இன்ன தேதியில் நடந்ததாகச் சொல்லப்படும் தாக்குதலில் ஏற்பட்ட அல்நார் நரம்புக் காயத்தின் பின்விளைவாக வலது கை மடக்கம். 'பின்விளைவு' என்ற சொல்லும், 'தாக்குதல்' என்ற சொல்லும், எந்தக் கை என்பதும் அதில் இருக்க வேண்டும். 'சொல்லப்படும்' என்று போட்டால் கோபப்படாதீர்கள். சம்பவத்தைப் பார்க்காத டாக்டர் அப்படித்தான் எழுதுவார்.

இனி அந்த 'ஒருவர்' விஷயம். இவர்கள் ஆஸ்பத்திரி கேன்டீன் பக்கத்தில் ஃபைலும் கையுமாக நிற்பார்கள். புது விபத்து என்று காட்டினால் காத்திருப்புக் காலம் (பாலிசி எடுத்தபின் கிளெய்ம் கேட்க முடியாத காலம்) கிடையாது என்பதுதான் கணக்கு. ஆனால் உங்கள் தம்பியின் கையைப் பாருங்கள்: கட்டைவிரலுக்கும் ஆட்காட்டி விரலுக்கும் நடுவே, புறங்கைப் பக்கம், சதை வற்றிக் குழி விழுந்திருக்கும். அது ஒரு வாரத்தில் வருவதல்ல. நரம்புப் பரிசோதனை அறிக்கையும் பழைய காயம் என்றே காட்டும். விழுந்து அடிபட்டவருக்கு முன்கையில் தையல் தழும்பு எங்கிருந்து வந்தது என்று இன்சூரன்ஸ் கம்பெனி டாக்டர் கேட்பார். மோசடி என்று ஆனால் கிளெய்மும் போகும், பாலிசியும் போகும். 60 மாதம் கட்டிவிட்டால் பழைய விஷயத்தைத் தோண்ட முடியாது என்பார்கள். நிரூபிக்கப்பட்ட மோசடிக்கு அந்தப் பாதுகாப்பு இல்லை. அதைவிட மோசம், வெட்டியவரின் வக்கீல் கையில் அந்தச் சீட்டு கிடைப்பது. "விழுந்தது என்று உங்கள் ஆஸ்பத்திரியே எழுதியிருக்கிறதே" என்று கேட்டால் உங்கள் பக்கத்தில் பதில் இல்லை.

உண்மையைச் சொன்னால் பாலிசியில் இது ஏற்கெனவே இருந்த பாதிப்பு. அதற்குக் காத்திருப்பு அதிகபட்சம் 36 மாதம். பாலிசி எடுக்கும்போது படிவத்தில் இதை எழுதினீர்களா என்று முதலில் பாருங்கள்.

கோடு போடுவதில் ஒரு விதிவிலக்கு மட்டும் நன்றாகப் புரிந்துகொள்ளுங்கள், இந்தக் கைக்கு அது வரும். பழைய காயத்தின் கோடும் அதன் பின்விளைவு கோடும் சேர்ந்து வரக்கூடாது என்றேன். அது அதே காயத்துக்கு. அல்நார் நரம்பு போனவருக்குச் சுண்டு விரலில் உணர்ச்சி இருக்காது. அடுப்பில் இருக்கும் பாத்திரத்தைத் தொட்டுக் கொப்பளித்த பிறகுதான் தெரியும். நாளைக்கு அப்படிச் சுட்டுக்கொண்டு போனால், அந்தக் கொப்பளத்துக்கு டி 23.2, சூடான பாத்திரத்துக்கு எக்ஸ் 15 என்று புது விபத்துக் கோடு போடலாம், போட வேண்டும். பழைய மடக்கத்துக்கு டி 92.4, ஒய் 87.1 அப்படியே பக்கத்தில் நிற்கும். இரண்டு சம்பவம், இரண்டு கணக்கு. புதுச் சூட்டுக்காயத்தைத் தாக்குதலில் சேர்க்கவும் கூடாது, பழைய வெட்டை விபத்தில் கரைக்கவும் கூடாது.

ஒரு வருடக் கணக்கையும் கேட்பார்கள். உலகப் பட்டியலில் காயம்பட்டு ஒரு வருடம் தாண்டினாலே பின்விளைவு. அதற்கு முன்பும் டாக்டர் அப்படி எழுதினால் செல்லும். உங்களுக்கு இரண்டு வருடம் ஆகிவிட்டதால் அந்த வாதமே வேண்டாம்.

திருத்தம் கேட்க, முதலில் வைத்தியம் பார்த்த ஆஸ்பத்திரியின் ஏ.ஆர். (விபத்துப் பதிவேடு) காப்பி, எப்.ஐ.ஆர்., பழைய டிஸ்சார்ஜ் சம்மரி மூன்றையும் இணைத்து மருத்துவக் கண்காணிப்பாளருக்கு எழுத்தில் கொடுங்கள். பழைய சீட்டைக் கிழித்துப் புதுசு தர வேண்டாம், வெள்ளை மை வேண்டவே வேண்டாம். தேதி, கையெழுத்து, பதிவு எண்ணோடு கூடுதல் குறிப்பாகச் சேர்க்கச் சொல்லுங்கள். பதிவேடுகளை வைத்திருக்க வேண்டிய காலம் சிகிச்சை தொடங்கியதிலிருந்து 3 வருடம், கேட்டால் 72 மணி நேரத்தில் தர வேண்டும் என்பது மருத்துவ கவுன்சில் விதி. இரண்டு வருடம் போய்விட்டது. இந்த மாதமே கேளுங்கள்.

பாதிக்கப்பட்டோர் இழப்பீட்டுக்கு பாலக்காட்டில் அலைய வேண்டாம். சம்பவம் ஆனைமலையில் என்பதால் மனு கோவை மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழுவுக்குப் போக வேண்டும். சட்டப் பிரிவு, முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 357ஏ, இப்போது அதற்குப் பதில் வந்த பி.என்.எஸ்.எஸ். சட்டத்தில் 396. திருத்திய சீட்டையும் கை இயலாமைச் சான்றிதழையும் அதோடு வையுங்கள்.