பின்களத்து அக்காவிடம் கேளுங்கள்: டிஃபெண்டர் வாழ்க்கை, கேள்வி பதில்

வணக்கம். நான் சென்டர் பேக்காக, அதாவது நம் கோலுக்கு முன்னால் நடுவில் நின்று தடுப்பவளாக, கிளப் கால்பந்து ஆடியவள். இப்போது இளையோர் அணியின் பின்களத்துக்குப் பயிற்சி தருகிறேன். பெண்கள் கால்பந்தில் டிஃபெண்டராகத் தொழில் செய்வது பற்றிக் கேளுங்கள். கோல் அடிப்பது எப்படி என்று கேட்பவர்கள் வேறு ஆளைப் பாருங்கள்.

பூவரசு: அக்கா, எனக்கு 17 வயது. இதுவரை விங்கில் (முன்களத்தின் ஓரத்தில்) ஆடினேன். கோச் திடீரென்று லெஃப்ட் பேக் (பின்களத்தின் இடது ஓரம்) போகச் சொல்கிறார். தண்டனை மாதிரி இருக்கிறது.

தண்டனை இல்லை. பல பெரிய பேக்குகள் முன்களத்திலிருந்து வந்தவர்கள்தான். கிறிஸ்டல் டன் 2015-இல் அமெரிக்க லீகில் அதிக கோல் அடித்தவர், அந்த ஆண்டின் சிறந்த வீராங்கனையும் அவரே. அவரைத்தான் தேசிய அணி லெஃப்ட் பேக்கில் நிறுத்தியது. 2019 உலகக் கோப்பையை அந்த இடத்தில் ஆடித்தான் வென்றார். 1999 உலகக் கோப்பை இறுதியில் வெற்றிப் பெனால்டி அடித்த பிராண்டி சாஸ்டெய்னும் ஸ்டிரைக்கராகத் தொடங்கி பின்னுக்கு வந்தவர்தான்.

உனக்கு ஒரு லாபம் இருக்கிறது. எந்த மாதிரி ஆள் எதிரே நின்றால் விங்கருக்கு எரிச்சல் வரும் என்று உனக்குத் தெரியும். அந்த ஆளாக நீ நின்றால் போதும். நீ கற்க வேண்டியது பந்து மறுபக்கம் இருக்கும்போது எங்கே நிற்பது என்பதை. புதிய பேக்குகள் எல்லாரும் அங்கேதான் மாட்டுகிறார்கள். பந்து வலது ஓரத்தில் இருக்கும், லெஃப்ட் பேக் தன் ஓரத்திலேயே வேடிக்கை பார்த்துக்கொண்டிருப்பாள், நடுவில் ஒரு லாரி போகிற அளவுக்கு வழி திறந்து கிடக்கும். பந்து அந்தப் பக்கம் போனதும் நீ உள்ளே நெருங்க வேண்டும், உன் சென்டர் பேக்கின் முதுகுப் பக்கத்தைப் பார்த்துக்கொள்ள வேண்டும்.

அப்புறம் ஒன்று. கிளப்போடு ஒப்பந்தம் ஏதாவது பேச்சில் இருந்தால், இடம் மாறியதால் எதுவும் மாறவில்லை என்பதை எழுத்தில் வாங்கு. வாய்ப்பேச்சு வேண்டாம்.

நெட்டைக்கொக்கு: உயரம் 5 அடி 4. சென்டர் பேக் ஆக முடியுமா?

பிரெஞ்சு சென்டர் பேக் வெண்டி ரெனார் 1.87 மீட்டர். அவரைப் பார்த்துவிட்டு எல்லாரும் இந்தக் கேள்வியைக் கேட்கிறீர்கள். அமெரிக்காவின் நயோமி கிர்மா அவரைவிடக் கிட்டத்தட்ட ஒரு சாண் குறைவு. 2025 ஜனவரியில் இங்கிலாந்தின் செல்சி கிளப் கிர்மாவை வாங்கக் கொடுத்தது சுமார் 11 லட்சம் டாலர். பெண்கள் கால்பந்தில் பத்து லட்சம் டாலரைத் தாண்டிய முதல் மாற்றுத்தொகை அது, வாங்கப்பட்டவர் ஒரு சென்டர் பேக். உயரம் இருந்தால் நல்லது. இல்லையென்றால் முதலில் குதி, தாமதமாகக் குதிக்கிற உயரமான ஆளைவிட ஒரு கணம் முந்திப் போ. அவள் இறங்கும் வழியில் நீ ஏற்கெனவே இருந்தால் அவள் உயரத்தால் பயனில்லை.

தாமதக்காரி: 24 வயதில் தொடங்கினால் தொழில்முறையில் ஆட முடியுமா?

ஆடுவதற்குத் தொடங்குங்கள். தொழிலுக்கு என்றால் மிகத் தாமதம்.

ரயில்வண்டி: ஸ்லைடிங் டேக்கிள் (தரையில் சறுக்கிப் பந்தைப் பறிப்பது) எப்படிக் கச்சிதமாகச் செய்வது?

செய்யாதே. அதுதான் முதல் பாடம். தரையில் விழுந்தவள் அடுத்த மூன்று விநாடிக்கு ஆட்டத்தில் இல்லை.

நான் கற்றுத்தருவது இதை. எதிரி பந்தோடு வருகிறாள். நேருக்கு நேர் நிற்காதே, உடலைப் பக்கவாட்டாகத் திருப்பு, ஒரு கால் முன்னே, ஒரு கால் பின்னே. கை நீட்டினால் தொடமுடியாத தூரம் வைத்துக்கொள். முழங்காலை மடக்கு, குதிகால் தரையில் அழுந்த வேண்டாம். எந்தப் பக்கம் அவளைப் போகவிட வேண்டும் என்று நீ முடிவு செய், பெரும்பாலும் ஓரக்கோட்டுப் பக்கம். அவள் தோளையும் இடுப்பையும் பார்த்து ஏமாறாதே, பந்தைப் பார். பந்து அவள் காலை விட்டு ஓரடி விலகும் நொடி ஒன்று வரும். அப்போது கால் வை. வராவிட்டால் பின்வாங்கிக்கொண்டே இரு, உன் தோழிகள் வந்துவிடுவார்கள்.

பழைய ஸ்டாப்பர்: மன்னிக்கணும். இது புத்தகப் பாடம். கோல்கீப்பரும் அவளும் மட்டும் இருக்கும்போது பக்கவாட்டாக நின்று பாடம் நடத்த நேரம் இருக்காது. சறுக்கத் தெரியாத டிஃபெண்டர் அரை டிஃபெண்டர்.

அண்ணா, நீங்கள் சொல்லும் நிலைமை எப்படி வந்தது என்பதுதான் என் கேள்வி. அதற்கு முன்பு இருபது மீட்டர் தள்ளி யாரோ தப்பான இடத்தில் நின்றிருப்பார்கள். சறுக்கல் பெரும்பாலும் பழைய தவறுக்குக் கட்டும் அபராதம்.

பழைய ஸ்டாப்பர்: அபராதமானாலும் கட்டித்தானே ஆகவேண்டும்? கோல் விட்டுவிடலாமா?

சரி, கட்டும் விலையைப் பார்ப்போம். 2019 உலகக் கோப்பை அரையிறுதி, லியோன் நகரில், அமெரிக்காவும் இங்கிலாந்தும். அமெரிக்கா 2-1 முன்னிலை. அமெரிக்காவின் சென்டர் பேக் பெக்கி சவர்பிரன் போன்ற நிதானமான ஆளே இங்கிலாந்தின் எலன் வைட்டின் காலைத் தட்டிவிட்டார். காணொளி நடுவர் பார்த்து பெனால்டி. அதை அடிக்க வந்தவர் இங்கிலாந்தின் சென்டர் பேக் ஸ்டெஃப் ஹாட்டன், அமெரிக்க கோல்கீப்பர் நேயர் பிடித்துவிட்டார். இரண்டு நிமிடத்தில் இங்கிலாந்தின் இன்னொரு சென்டர் பேக் மில்லி பிரைட் இரண்டாவது மஞ்சள் அட்டை வாங்கி வெளியேறினார். மூன்று முதல்தர டிஃபெண்டர்கள், சில நிமிடங்கள், எல்லாமே கால் வைத்த நேரம் பற்றியது.

சீட்டி: ஆனால் பெனால்டி பெட்டிக்குள் சிவப்பு அட்டை வராதே?

நல்ல கேள்வி, இது பலருக்குக் குழப்பம். பெட்டிக்குள் உறுதியான கோல் வாய்ப்பைத் தடுத்தாலும், பந்தை எடுக்க உண்மையாக முயன்றிருந்தால் மஞ்சளும் பெனால்டியும்தான். 2016-இல் வந்த மாற்றம். பிடித்து இழுத்தாலோ தள்ளினாலோ சிவப்பு. பெட்டிக்கு வெளியே என்றால் பந்துக்குத்தான் முயன்றேன் என்று சொல்லித் தப்ப முடியாது, சிவப்புதான். ஆகவே கடைசி ஆளாக இருபது மீட்டரில் சறுக்குபவள் பெட்டிக்குள் சறுக்குபவளைவிட அதிகம் பணயம் வைக்கிறாள்.

பழைய ஸ்டாப்பர்: அப்படியென்றால் சறுக்கத் தெரிந்திருக்க வேண்டும் என்பதை ஒத்துக்கொள்கிறீர்கள்.

தெரிந்திருக்கலாம். வாரத்தில் ஒரு நாள், பயிற்சியின் கடைசியில், ஈரப் புல்லில் கற்றுத்தருகிறேன். முதல் நாளே கற்றுத்தந்தால் குழந்தைகள் அதையே செய்துகொண்டிருப்பார்கள், விழுந்து எழுவது பார்க்க அழகாக இருக்கிறது பாருங்கள். போதும் அண்ணா, மற்றவர்கள் காத்திருக்கிறார்கள்.

மீனலோசனி: ஏசிஎல் (முழங்காலுக்குள் இருக்கும் தசைநார்) கிழிந்து ஆறு மாதம் ஆகிறது. வலி இல்லை. ஓடுகிறேன். எப்போது ஆடலாம்?

ஆடாதே. தயவுசெய்து இதை முழுக்கப் படி.

வலி இல்லை என்பது ஒரு அளவுகோலே இல்லை. அறுவைச் சிகிச்சையில் புதிதாக வைத்த தசைநார் உள்ளுக்குள் தயாராக மாதக்கணக்கில் ஆகும், அதற்குள் வெளியே எல்லாம் சரியாகத்தான் தெரியும். ஒன்பது மாதத்துக்கு முன் போட்டிக்குத் திரும்புபவர்கள் மறுபடி கிழித்துக்கொள்ளும் ஆபத்து கூடுதல். காலண்டரை மட்டும் பார்த்தாலும் போதாது. ஒற்றைக் காலில் தாவி இறங்கும்போது முழங்கால் உள்பக்கம் சாய்கிறதா, இரண்டு தொடைகளின் பலமும் ஏறக்குறைய சமமா, வேகமாக ஓடி நின்று திரும்பும்போது அந்தக் காலை நம்புகிறாயா என்று பிசியோவைச் சோதிக்கச் சொல்.

இந்தக் காயம் பெண்களுக்கு ஆண்களைவிடப் பலமடங்கு வருகிறது. காரணம் இடுப்பா, ஹார்மோனா, ஆண்களுக்கென்று செய்த காலணியா, மோசமான மைதானமா, ஓய்வில்லாத அட்டவணையா என்று ஆராய்ச்சியாளர்கள் இன்னும் மோதிக்கொண்டிருக்கிறார்கள். எதிரி திரும்பும் திசைக்கெல்லாம் திரும்ப வேண்டிய நமக்கு அது இன்னும் கவலை. லியா வில்லியம்சன் 2023 ஏப்ரலில் கிழித்துக்கொண்டார், அந்த ஆண்டு உலகக் கோப்பையைத் தவறவிட்டார். 2025-இல் இங்கிலாந்து கேப்டனாக ஐரோப்பியக் கோப்பையைத் தூக்கினார். அவசரப்பட்டிருந்தால் நடந்திருக்குமா என்று யோசி.

உடனே யாராவது இங்கிலாந்து டிஃபெண்டர் லூசி பிரான்ஸைக் காட்டுவீர்கள், அதே 2025 தொடரை முன்கால் எலும்பில் விரிசலோடு ஆடி முடித்தார் என்று. அவர் பக்கத்தில் ஒரு தேசிய அணியின் மருத்துவக் குழுவே இருந்தது. உன் பக்கத்தில் யார்?

ஒற்றைக்கால்: எனக்கும் ஏசிஎல், ஐந்து மாதம், வலி இல்லை...

மேலே.

கணக்குப்பிள்ளை: டிஃபெண்டருக்கு எவ்வளவு சம்பளம்?

மேல்தட்டைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள். ஃபிஃபா 2025-இல் வெளியிட்ட கணக்கெடுப்பில் உலகெங்கும் தொழில்முறை வீராங்கனைகளின் சராசரி ஆண்டுச் சம்பளம் சுமார் 10,900 டாலர். சராசரியே அது, அப்படியானால் கீழே இருப்பவர்கள் நிலைமையை நினைத்துக்கொள்ளுங்கள். லூசி பிரான்ஸ் தொடக்கத்தில் பீட்சா கடையில் வேலை செய்துகொண்டே ஆடினார். 2017-இல் ஸ்பெயின் டிஃபெண்டர் மாபி லியோனை அட்லெட்டிகோ மாட்ரிட்டிடமிருந்து பார்சிலோனா வாங்கிய விலை 50,000 யூரோ, அப்போது ஸ்பெயினில் அதுவே செய்தி. எட்டு ஆண்டில் கிர்மாவின் விலை எங்கே போனது என்று மேலே பார்த்தீர்கள். மாற்றுத்தொகை கிளப்புக்குப் போகிறது, உங்களுக்கு இல்லை, அதையும் சேர்த்துச் சொல்கிறேன். கூடவே ஒரு படிப்பை முடித்துவையுங்கள்.

ஸ்கோர்போர்டு: ஒரு டிஃபெண்டருக்கு பாலோன் டோர் (ஆண்டின் சிறந்த ஆட்டக்காரர் விருது) ஏன் கிடைப்பதில்லை?

வாக்களிப்பவர்கள் கோல் தொகுப்பைப் பார்க்கிறார்கள், நடக்காமல் போன கோலுக்குத் தொகுப்பு கிடையாது. 2018-இல் பெண்களுக்கு அந்த விருது வந்ததிலிருந்து 2025 வரை ஒரு டிஃபெண்டரும் வாங்கவில்லை. லூசி பிரான்ஸ் 2019-இல் இரண்டாமிடம், அடுத்த ஆண்டு ஃபிஃபாவின் சிறந்த வீராங்கனை. ஸ்பெயினின் ஓல்கா கார்மோனா லெஃப்ட் பேக்கிலிருந்து ஓடிவந்து 2023 உலகக் கோப்பை இறுதியின் ஒரே கோலை அடித்தார், அதற்கும் கிடைக்கவில்லை.

உண்மைவிளம்பி: ஆண்கள் அணியோடு ஆடினால் பத்து கோல் வாங்குவார்கள்...

அடுத்த கேள்வி.

செவ்வந்தி: போன வாரம் சேம்சைடு கோல் போட்டேன். அணியில் யாரும் எதுவும் சொல்லவில்லை, ஆனால் தூக்கம் வரவில்லை.

1999 உலகக் கோப்பை காலிறுதி, ஜெர்மனிக்கு எதிராக. ஐந்தாவது நிமிடத்தில் பிராண்டி சாஸ்டெய்ன் பந்தைத் தன் கோல்கீப்பருக்குத் தள்ளினார், கீப்பர் வேறு இடத்தில் இருந்தார், பந்து வலைக்குள். மிச்சம் 85 நிமிடம் ஆட வேண்டுமே. இரண்டாம் பாதியில் அவரே சமன் கோல் அடித்தார், அணி 3-2 என வென்றது, அடுத்த வாரம் நான் முன்பு சொன்ன அந்தப் பெனால்டி.

உனக்கு நான் தரும் வேலை ஒன்றுதான். அந்தக் காணொளியை ஒரே ஒரு முறை பார். உன் கால் எங்கே இருந்தது, கீப்பர் குரல் கொடுத்தாளா, நீ தலையைத் திருப்பிப் பார்த்தாயா என்று மட்டும் குறித்துக்கொள். பிறகு அழித்துவிடு. கோல் பக்கம் ஓடும் டிஃபெண்டரின் காலில்தான் சேம்சைடு கோல் படும். ஓடாமல் நின்றவளுக்குப் படாது, ஆனால் அவளை யாரும் அணியில் எடுக்கமாட்டார்கள்.

தலைவலி: ஹெட்டிங் (தலையால் பந்தை அடிப்பது) மூளைக்கு ஆபத்தா? மகளுக்கு 9 வயது.

கிளாஸ்கோ ஆராய்ச்சியாளர்கள் ஸ்காட்லாந்தின் முன்னாள் தொழில்முறை ஆண் வீரர்களை ஆராய்ந்தார்கள். மூளை சிதைவு நோயால் இறப்பது பொதுமக்களைவிட மூன்றரை மடங்கு. இடம்வாரியாகப் பார்த்தபோது டிஃபெண்டர்களுக்கே ஆபத்து மிக அதிகம், கோல்கீப்பர்களுக்குப் பெரிய வித்தியாசம் இல்லை. பெண்களிடம் இதே அளவு நீண்டகால ஆராய்ச்சிக்கு வாய்ப்பே இப்போதுதான் வருகிறது. பல நாடுகளில் விளையாட்டைத் தடை செய்து வைத்திருந்தார்களே, இங்கிலாந்தில் 1921 முதல் அரை நூற்றாண்டு. அமெரிக்காவில் 10 வயது வரை ஹெட்டிங் கூடாது என்று விதி. நானும் அந்த வயதில் கற்றுத்தருவதில்லை, இலகுவான பந்தில் கழுத்து உறுதியை மட்டும் பார்க்கிறேன். தலையில் அடிபட்டால் அன்றைய ஆட்டம் முடிந்தது, நன்றாக இருக்கிறேன் என்று மகள் சொன்னாலும்.

சலங்கை: கர்ப்பமானால் கிளப் அனுப்பிவிடுமா?

அனுப்பக் கூடாது. 2021 முதல் ஃபிஃபா விதி: குறைந்தது 14 வார விடுப்பு, சம்பளத்தில் மூன்றில் இரண்டு பங்காவது, கர்ப்பத்துக்காக ஒப்பந்தத்தை முறிக்கவும் தடை. விதி இருப்பது வேறு, பணம் கைக்கு வருவது வேறு. ஐஸ்லாந்தின் சாரா பியோர்க் குன்னார்ஸ்தோத்திர் தன் கிளப் லியோனுக்கு எதிராக வழக்குப் போட்டுத்தான் 82,000 யூரோவுக்கு மேல் வாங்கினார். தாயான பிறகும் வாழ்க்கை உண்டு. அமெரிக்க டிஃபெண்டர் கிறிஸ்டி ராம்போன் இரண்டு மகள்களின் தாய், 2015 உலகக் கோப்பை இறுதியில் 40 வயதில் இறங்கினார், நாட்டுக்காக 311 ஆட்டங்கள். வேகம் போனபின் கண்ணால் ஆடலாம் என்பது பின்களத்துக்கு மட்டும் கிடைத்த சலுகை.

குட்டிக்கால்: 5 அடி 2 உயரம். முடியுமா?

நெட்டைக்கொக்குக்குச் சொன்னதைப் படிக்கவும். இத்தோடு உயரக் கேள்விகள் முடிந்தன.

பூட்ஸ்: எந்தக் காலணி நல்லது?

கடையில் போட்டுப் பாருங்கள். ஆண்கள் அளவைச் சின்னதாக்கியதை வாங்காதீர்கள்.

வெளியூர்க்காரி: வெளிநாட்டு கிளப் ஒன்று ஒப்பந்தம் அனுப்பியிருக்கிறது, ஒரு வருடம். ஏஜென்ட் நாளைக்குள் கையெழுத்து போடச் சொல்கிறார். "காயமடைந்தால் கிளப் முடிவெடுக்கும்" என்று ஒரு வரி இருக்கிறது. பரவாயில்லையா?

பரவாயில்லை இல்லை. போடாதே. "முடிவெடுக்கும்" என்றால் என்ன முடிவு? மூன்றாவது வாரத்தில் முழங்கால் போனால் சம்பளம் நிற்குமா, அறுவைச் சிகிச்சைக்கு யார் பணம், யார் மருத்துவர், எந்த ஊரில், குணமாகும்வரை வீட்டு வாடகை உண்டா, ஒப்பந்த முடிவுத் தேதிக்குப் பிறகும் சிகிச்சை தொடருமா. இத்தனையும் எழுத்தில் வேண்டும். உன் நாட்டு வீரர் சங்கம் இருந்தால் அவர்களிடம் அனுப்பு, இல்லையென்றால் விளையாட்டு ஒப்பந்தம் தெரிந்த வக்கீலிடம் அந்த ஒரு பக்கத்தையாவது காட்டு. ஏஜென்ட் எவ்வளவு கமிஷன் எடுக்கிறார், யாரிடமிருந்து என்பதையும் கேள். நாளைக்குள் என்று அவசரப்படுத்தினால், இரண்டு நாள் அவகாசம் கேட்டு மின்னஞ்சல் அனுப்பு, போனில் பேசாதே. பதிலை இங்கே போடு, பார்க்கிறேன்.