கேள்வி – பதில்: சுழலும் கலத்தில் எடை எங்கிருந்து வருகிறது?

விண்வெளியில் செயற்கை ஈர்ப்பை உண்டாக்குவது பற்றி வாசகர்கள் அனுப்பிய கடிதங்களில் ஐந்துக்கு இந்த இதழில் பதில்.

சர்வதேச விண்வெளி நிலையம் 400 கிலோமீற்றர் உயரத்தில்தானே இருக்கிறது? அங்கே ஈர்ப்பு இல்லாமல் போவது எப்படி? கலத்தைச் சுழற்றினால் மட்டும் அது எப்படி வந்துவிடும்?
– உயர்தர மாணவி, தலவாக்கலை

ஈர்ப்பு அங்கேயும் இருக்கிறது தங்கச்சி. தரையில் உள்ளதில் பத்தில் ஒன்பது பங்குக்குச் சற்றுத்தான் குறைவு. ஆனால் நிலையமும் அதற்குள் இருப்பவர்களும் ஒன்றாகவே பூமியை நோக்கி விழுந்துகொண்டிருக்கிறார்கள். பக்கவாட்டு வேகம் செக்கனுக்கு 7.7 கிலோமீற்றர் என்பதால் விழ விழப் பூமியும் வளைந்து விலகிக்கொண்டே போகிறது. காலுக்கு அடியில் தரை மேல்நோக்கித் தள்ளாததால் எடை தெரிவதில்லை. நாம் எடை என்று உணர்வதே அந்தத் தள்ளலைத்தான்.

சுழற்சி அந்தத் தள்ளலைக் கொடுக்கிறது. வளைவில் பஸ் திரும்பும்போது உங்கள் உடல் நேராகவே போகப் பார்க்கும். பஸ்ஸின் பக்கச்சுவர் உங்களை உள்ளே தள்ளும். சுழலும் உருளையில் வளைவு முடிவதே இல்லை. சுவரே தரையாகிவிடுகிறது. உங்கள் பாடப்புத்தகத்து மையநாட்ட ஆர்முடுகல், அதாவது கோண வேகத்தின் வர்க்கத்தை ஆரையால் பெருக்கினால் வருவது, அங்கே ஈர்ப்பு ஆர்முடுகலின் வேலையைச் செய்கிறது.

ஒரு நுணுக்கம், பரீட்சையில் கேட்டாலும் கேட்பார்கள். உருளை சுழல்கிறது, நீங்கள் நடுவில் எதையும் தொடாமல் சுழலாமல் மிதக்கிறீர்கள் என்றால் உங்களுக்கு எடை கிடையாது. கைப்பிடியைப் பற்றி அதன் வேகத்துக்கு வந்த பிறகுதான் எடை வரும். உள்ளே உள்ள காற்று உங்களை மெல்லமெல்ல இழுத்துக்கொண்டு போகும், அது வேறு கதை.

எவ்வளவு பெரிய கலம், எவ்வளவு வேகம் வேண்டும்? வகுப்பில் சொல்லக் கணக்கோடு தாருங்கள்.
– ஆசிரியர், பண்டாரவளை

பூமியில் உள்ள அதே எடை வேண்டும் என்றால்: நிமிடத்துக்கு 1 சுற்றுக்கு ஆரை 895 மீற்றர், 2 சுற்றுக்கு 224, 3 சுற்றுக்கு 99, 4 சுற்றுக்கு 56, 6 சுற்றுக்கு 25, 10 சுற்றுக்கு 9 மீற்றர். வேகம் இரட்டித்தால் ஆரை நாலிலொன்றாகச் சுருங்குவதைப் பிள்ளைகளே கண்டுபிடிக்கட்டும். செவ்வாயின் ஈர்ப்பு (பூமியின் 0.38 பங்கு) போதுமென்றால் 2 சுற்றுக்கு 85 மீற்றர்.

நம்மூர் ஒப்பீடு ஒன்று. மலைநாட்டு ரயில்பாதையின் மிகக் கூர்மையான வளைவுகளின் ஆரை 100 மீற்றர் அளவில்தான். அதில் ரயில் மணிக்கு 30 கிலோமீற்றரில் போனால் பக்கவாட்டில் உணர்வது உங்கள் எடையில் 7 சதவீதம். முழு எடை வர வேண்டுமானால் 113 கிலோமீற்றர் வேகம் வேண்டும். அந்த ரயிலில் யாரும் ஏற மாட்டார்கள்!

பெரிய சக்கரம் என்ற எண்ணம் பழையது. பொறியியலாளர் ஹெர்மன் பொட்டோச்னிக் 1920களின் இறுதியில் 30 மீற்றர் விட்டச் சக்கரத்தை வரைந்து காட்டினார். 1952இல் ரொக்கெட் பொறியியலாளர் வெர்னர் வொன் பிரவுன் முன்வைத்தது 76 மீற்றர் விட்டம், நிமிடத்துக்கு 3 சுற்று. மேலே உள்ள கணக்கில் போட்டால் பூமியின் எடையில் மூன்றிலொன்றுக்குச் சற்று மேல் வரும்.

கினிகத்தேனை வளைவுகளில் பஸ் ஏறினாலே எனக்கு வாந்தி. நாள் முழுக்கச் சுழலும் கலத்தில் மனிதர் எப்படி இருப்பார்கள்?
– வாசகி, ஹட்டன்

கலத்தைச் சின்னதாகச் செய்து வேகமாகச் சுழற்றிவிடலாமே என்ற யோசனை நிற்பது இந்த இடத்தில்தான். தடையாக இருப்பது உங்கள் காது.

உட்காதில் மூன்று அரைவட்டக் கால்வாய்கள் இருக்கின்றன, உள்ளே திரவம். சீரான சுழற்சிக்கு அது சிறிது நேரத்தில் பழகி அடங்கிவிடும். அசையாமல் இருந்தால் தொல்லையில்லை. ஆனால் சுழலும் அறையில் தலையைக் குனிந்தால் ஒரு கால்வாய் சுழற்சியிலிருந்து விலகுகிறது, இன்னொன்று அதற்குள் வருகிறது. உடல் பக்கவாட்டில் உருள்கிறது என்று காது சொல்லும், இல்லை என்று கண் சொல்லும். அந்தச் சண்டைதான் குமட்டல். வளைவில் பஸ் திரும்பும்போது குனிந்து தொலைபேசியைப் பார்ப்பவருக்கு முதலில் வாந்தி வருவதும் இதற்குக் கிட்டிய காரணத்தால்தான். தலையை இருக்கையில் சாய்த்து, பாதையைப் பார்த்தபடி வாருங்கள்.

அமெரிக்காவின் பென்சகோலாவில் ஆஷ்டன் கிரேபியல் குழுவினர் மெதுவாகச் சுழலும் ஓர் அறையைக் கட்டி, அதில் ஆட்களை நாட்கணக்கில் குடியிருக்க வைத்தார்கள். நிமிடத்துக்கு 1 சுற்றில் கிட்டத்தட்ட யாருக்கும் ஒன்றுமில்லை. 3 சுற்றில் லேசான தொல்லை, பழகிவிட்டது. 10 சுற்றில் விமானிகளாலேயே பன்னிரண்டு நாளாகியும் முழுதாகப் பழக முடியவில்லை. அதனால்தான் வடிவமைப்பாளர்கள் பெரும்பாலும் 2 சுற்றில் தொடங்குகிறார்கள். 4, 6 என்று போவது பயிற்சி பெற்றவர்களுக்கு.

குமட்டல் போனாலும் விநோதங்கள் மிஞ்சும். 25 மீற்றர் ஆரை, 6 சுற்றுக் கலத்தில் ஒன்றரை மீற்றர் உயரத்திலிருந்து தேங்காய் ஒன்றைக் கைவிட்டால் அது காலடியில் விழாது. சுழற்சிக்கு எதிர்ப்பக்கம் 37 சென்ரிமீற்றர் தள்ளி விழும். 224 மீற்றர் கலத்தில் 12 சென்ரிமீற்றர்தான். அதே சின்னக் கலத்தில் சுழலும் திசையில் செக்கனுக்கு 1 மீற்றர் நடந்தால் எடை 13 சதவீதம் கூடும். எதிர்த்திசையில் நடந்தால் 12 சதவீதம் குறையும். நடுவிலிருந்து ஏணியில் செக்கனுக்கு அரை மீற்றர் வீதம் இறங்கும் 60 கிலோ ஆளை ஏறத்தாழ 4 கிலோ எடைக்குச் சமமான விசை சுழற்சிக்கு எதிர்ப்பக்கமாகத் தள்ளும். ஏறும்போது அது மறுபக்கம் மாறும். ஆகவே இறங்க ஒரு ஏணி, ஏற அதற்கு எதிரே இன்னொன்று என்று வைத்தால் இரண்டு முறையும் ஆள் ஏணியோடு ஒட்டி அழுத்தப்படுவார், அதை விட்டு விலக மாட்டார். கட்டில்களைச் சுழல் அச்சுக்கு இணையாகப் போடுவதும் இப்படியான யோசனைதான்.

இவ்வளவு எளிய பௌதிகம் என்றால் ஏன் இன்னும் ஒருவரும் செய்யவில்லை?
– வாசகர், மஸ்கெலியா

சின்ன அளவில் செய்து பார்த்தார்கள். 1966 செப்ரெம்பரில் அமெரிக்காவின் ஜெமினி 11 கலத்தை அஜினா என்ற ரொக்கெட் நிலையோடு 30 மீற்றர் நாடாவால் கட்டிச் சுழற்றினார்கள். முதலில் நாடா விறைக்கவில்லை. ஸ்கிப்பிங் கயிறுபோல வளைந்து ஆடியது. பிறகு இழுபட்டது. கிடைத்த எடை பூமியில் உள்ளதில் ஆயிரத்திலொரு பங்குக்கும் குறைவு. விண்வெளி நிலையத்துக்கென ஜப்பானில் செய்யப்பட்ட மையநீக்கிக் கூடம் 2005இல் கைவிடப்பட்டது. அந்த நிலையத்தின் ஜப்பானியப் பகுதியான கிபோ ஆய்வுகூடத்தில் 2016இலிருந்து எலிகளைச் சுழற்றிப் பார்க்கிறார்கள். மனிதரை வாரக்கணக்கில் சுழற்றிய கலம் இதுவரை பறக்கவில்லை. இப்போதைக்கு நாளுக்கு இரண்டு மணித்தியால உடற்பயிற்சிதான் வைத்தியம். அது இல்லாவிட்டால் இடுப்பெலும்பு மாதத்துக்கு ஏறத்தாழ 1 முதல் 1.5 சதவீதம் கரையும்.

224 மீற்றர் ஆரையில் முழுச் சக்கரம் கட்ட வேண்டியதில்லை. 20 தொன் வசிப்பிடம் ஒரு முனையில், 20 தொன் காலி ரொக்கெட் மறுமுனையில், நடுவில் 448 மீற்றர் கயிறு. கயிற்றின் இழுவை 196 கிலோநியூற்றன். அது பெரிய விசையல்ல, நல்ல கயிறு தாங்கும். கயிறு அறுந்தால் இரு முனைகளும் செக்கனுக்கு 47 மீற்றரில் தொடுகோட்டுத் திசையில் பிரிந்து போய்விடும். நுண் விண்கல் ஒன்று ஓர் இழையை வெட்டினாலும் மற்றவை தாங்கும்படி ஏணிபோலப் பல இழைகளாகப் பின்ன வேண்டும் என்பது அதற்காகத்தான்.

சுழற்றிவிட எரிபொருள்: வாயு செக்கனுக்கு 3 கிலோமீற்றரில் வெளியேறினால் 40 தொன்னுக்கு ஏறத்தாழ 620 கிலோ. சுழன்ற பிறகு செலவில்லை, உராய்வு இல்லையே. ஆனால் நிறுத்தவும் கிட்டத்தட்ட அதே அளவு வேண்டும். கயிற்றை முழுதாக விட்ட பின்பே சுழற்றுவது முக்கியம். பாதி நீளத்தில் 47 மீற்றர் வேகம் கொடுத்துவிட்டுப் பிறகு விட்டால் வேகம் பாதியாகிவிடும்; முழு எடைக்குப் பதிலாகக் கால் எடைதான் கிடைக்கும்.

அடுத்தது அச்சு. 1958இல் அமெரிக்காவின் முதல் செய்மதி எக்ஸ்புளோரர் 1 பென்சில்போன்ற தன் நீள அச்சில் சுழலும்படி விடப்பட்டது. அதன் நெகிழும் அன்ரெனாக்கள் ஆடிச் சக்தியை இழக்க, செய்மதி தலைகீழாக உருளத் தொடங்கிவிட்டது. உள்ளே அசையும் பொருள் இருக்கும் எந்தக் கலமும் கடைசியில் தன் மிகப் பெரிய சடத்துவத் திருப்பமுள்ள அச்சுக்கே, அதாவது திணிவு அச்சிலிருந்து மிகத் தள்ளிப் பரவியிருக்கும் அச்சுக்கே வரும். சக்கரமும், கயிற்றில் கட்டி முனைக்கு முனை சுழலும் சோடியும் அந்த வகை. நீளமான உருளையை நீள அச்சில் சுழற்றுவது ஆபத்து.

இதற்கு மேல், சூரிய மின்தகடுகளும் பூமியை நோக்கிய அன்ரெனாவும் சுழலாமல் இருக்க வேண்டும். வந்து இணையும் கலம் நடு அச்சில்தான் இணைய முடியும். கயிற்றுக் கலத்தில் நடுவில் கயிறு மட்டும்தானே இருக்கிறது? எனவே நிறுத்திவிட்டே இணைக்க வேண்டும்.

பாடசாலைக் கண்காட்சியில் இதைச் செய்து காட்டலாமா?
– விஞ்ஞானக் கழக மாணவர்கள், கொட்டகலை

தாராளமாக. தோமஸ் நைட் என்ற ஆங்கிலேயர் 1806இல் தன் தோட்டத்து நீரோடையால் சுழன்ற சக்கரத்தில் அவரை விதைகளைக் கட்டி முளைக்கவிட்டார். நிமிடத்துக்கு 150 சுற்று. வேர்கள் வெளிப்பக்கமும் தண்டுகள் நடுவை நோக்கியும் வளர்ந்தன.

நீங்கள் நிமிடத்துக்கு 60 சுற்றுள்ள 12 வோல்ற் கியர் மோட்டார் ஒன்றை நிமிர்த்திப் பொருத்தி, அதன் மேல் 50 சென்ரிமீற்றர் மரச்சட்டத்தைக் கிடையாகப் பூட்டுங்கள். எட்டு மணித்தியாலம் ஊறிய பச்சைப்பயறை, ஈரப் பஞ்சு வைத்த சிறிய போத்தல்களில் போட்டு, இரு முனையிலும் ஒவ்வொன்று (25 சென்ரிமீற்றர்), இரு பக்கமும் நடுவழியில் ஒவ்வொன்று (12 சென்ரிமீற்றர்), சரியாக அச்சில் ஒன்று எனக் கட்டுங்கள். வெளிச்சம் படாமல் கறுப்பு ரேப் சுற்றுங்கள். தண்டு வெளிச்சத்தை நோக்கியும் வளையும். மூன்று நாள் ஓடட்டும். முனையில் வேர் நிலைக்குத்திலிருந்து 45 பாகை வெளிப்பக்கமாகச் சாயும், நடுவழியில் ஏறத்தாழ 26 பாகை, அச்சில் நேரே கீழ்.

பிழைக்கும் இடங்கள்: பஞ்சில் தண்ணீர் அதிகமானால் அது வெளிமூலையில் தேங்கி வேர் அழுகும், பிழிந்து வையுங்கள். இரு பக்கமும் எடை சமமில்லாவிட்டால் சட்டம் அதிரும். போத்தல்களைத் தராசில் நிறுத்துக் கட்டுங்கள். மழைக்குக் கரண்ட் போய்ச் சில மணித்தியாலம் நின்றாலே வேர் கீழ்நோக்கித் திரும்பிவிடும். மோட்டார் 0.1 அம்பியர் எடுத்தால் மூன்று நாளைக்கு 7.2 அம்பியர் மணி வேண்டும். மோட்டார் சைக்கிளின் சின்னப் பற்றரி மட்டும் போதாது. சார்ஜரோடு சேர்த்தே வையுங்கள்.