அந்தப் பசுமாட்டுப் படம்

அன்புள்ள ஐயா,

நான் ஒரு பள்ளியில் பதினெட்டு வருடமாக டிராயிங் டீச்சராக இருக்கிறேன். போன வாரம் வாட்ஸாப்பில் ஒரு பழைய புகைப்படம் வந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டு அமெரிக்காவில் நீளப் பாவாடை உடுத்திய பெண்கள் களிமண்ணில் உருவம் செய்கிறார்கள். அறைக்குள்ளேயே ஒரு பசுமாடு நிற்கிறது. பெண்கள் மனித உடலைப் பார்த்து வரையக்கூடாது என்பதால் மாட்டைக் கொடுத்தார்கள் என்று கீழே எழுதியிருந்தது. இது உண்மையா?

இன்னொரு கேள்வி. அந்தக் காலத்துப் பெண் ஓவியர்களைத் தேடினால் பலருடைய பெயருக்குப் பக்கத்தில் 'ஆசிரியை' என்றும் இருக்கிறது. மேரி கஸாட் பாரீசுக்குப் போய்ப் பெரிய ஓவியர் ஆனார், மற்றவர்கள் பாடம் நடத்தியே காலத்தைக் கழித்துவிட்டார்கள் என்று எடுத்துக்கொள்ளலாமா? இதைக் கேட்க எனக்குச் சொந்தக் காரணமும் உண்டு.

எஸ்.

அன்புள்ள எஸ்.,

அந்தச் சொந்தக் காரணம் எனக்குப் புரிகிறது. அதனால்தான் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

முதலில் மாடு. புகைப்படம் உண்மையானது. பிலடெல்பியாவில் உள்ள பென்சில்வேனியா நுண்கலை அகாதமியில் 1882 வாக்கில் எடுத்தது. கீழே எழுதியிருந்ததுதான் தவறு. அப்போது அங்கே பாடத்திட்டத்தை நடத்தியவர் ஓவியர் தாமஸ் ஈகின்ஸ். உடற்கூறு தெரியாமல் உருவம் வராது என்பது அவர் கொள்கை. மாடு, குதிரை எல்லாம் களிமண் வகுப்புக்கு வந்தது அதனால்தான். மனித மாடலுக்கு மாற்றாக வந்தவை அல்ல அவை. அதே அகாதமியில் பெண்களுக்கென்று நிர்வாண மாடலோடு தனி வகுப்பு 1868-லேயே தொடங்கிவிட்டது. அதில் மாடலும் பெண். 1870களின் முடிவுக்குள் ஆண் மாடலும் வந்தாயிற்று. லண்டன் ராயல் அகாதமியில் பெண்களுக்கு ஆண் மாடலை வைத்து வரைய 1893-இல்தான் அனுமதி கிடைத்தது, அதுவும் துணி சுற்றிய மாடல்.

இந்த மாட்டுக் கதை எனக்குப் பிடிக்காததற்குக் காரணம் இருக்கிறது. கேட்டவுடன் 'ஐயோ பாவம்' என்று சொல்லவைக்கும் கதை அது. அந்த அறையில் நின்ற பெண்களுக்கு நம் பரிதாபம் தேவையில்லை. அவர்கள் அங்கே வந்துசேர நாற்பது வருடம் ஆகியிருந்தது. அதை யாரும் பகிர்வதில்லை.

அகாதமி 1805-இல் தொடங்கியது. 1824-இலேயே ஆனா பீல், சேரா பீல் என்ற இரு சகோதரிகளை உறுப்பினர்களாக ஏற்றது. சேரா கல்யாணம் செய்துகொள்ளவில்லை. பால்டிமோரிலும் பிறகு செயின்ட் லூயிசிலும் பல பத்தாண்டுகள் உருவப்படம் வரைந்து அந்த வருமானத்திலேயே வாழ்ந்தவர். உறுப்பினர் ஆக்கினார்களே தவிர, பெண்கள் உட்கார்ந்து படிக்க இடம் தரவில்லை. 1844-இல்தான் பிளாஸ்டர் சிலைகள் இருந்த கூடத்தை வாரத்தில் மூன்று நாள் காலையில் பெண்களுக்கு மட்டும் என்று ஒதுக்கினார்கள். 1856-இல் ஆண்களும் பெண்களும் ஒரே நேரத்தில் சிலைகளைப் பார்த்து வரையலாம் என்று ஆனபோது, அப்பல்லோ, லாவோகூன் என்ற பழங்கால நிர்வாணச் சிலைகளின் நகல்களுக்கு மறைப்பாக அத்தி இலை ஒட்டவேண்டும் என்று நிர்வாகம் முடிவெடுத்தது. கல்லைப் போல வெளுத்த பிளாஸ்டருக்கே இந்தக் கவலை என்றால், உயிருள்ள மாடலுக்கு எவ்வளவு பேசியிருப்பார்கள் என்று நினைத்துப் பாருங்கள்.

அந்த மாடல் வகுப்பு எப்படி இருந்தது என்று பார்க்கவேண்டுமானால் மாட்டுப் படத்தை விட்டுவிட்டு ஆலிஸ் பார்பர் 1879-இல் வரைந்த ஓவியத்தைத் தேடிப் பாருங்கள். அவருக்கு அப்போது இருபது, இருபத்தோரு வயதுதான். மரச்செதுக்கு வேலை செய்து சம்பாதித்துக்கொண்டே படித்தவர். பத்திரிகைக் கட்டுரை ஒன்றுக்காக வரைந்த படம் அது. மாடல் நமக்கு முதுகு காட்டி இருக்கிறாள். சுற்றிலும் பெண்கள், ஒவ்வொருத்தியும் தன் பலகையில் மூழ்கியிருக்கிறாள். யாரும் நாணிக் கோணவில்லை, யாரும் மாடலை வேடிக்கை பார்க்கவும் இல்லை. வேலை நடக்கிற இடம், அவ்வளவுதான். ஈகின்ஸ் இளம் வயதில் வரைந்த ஒரு நிர்வாணப் பெண்ணின் கரித்துண்டு ஓவியத்தில் மாடல் முகமூடி போட்டிருப்பாள். அடையாளம் தெரிந்தால் வெளியே தலை காட்ட முடியாது என்ற பயம். மாடலாக இருந்த அந்தப் பெண்களில் ஒருத்தியின் பெயரையும் என்னால் உங்களுக்குச் சொல்ல முடியவில்லையே என்பது எனக்குத் தீராத வருத்தம்.

எதிர்ப்பு ஓய்ந்துவிடவும் இல்லை. நல்ல குடும்பத்துப் பெண்களின் கூச்சத்தை இந்த வகுப்பு கெடுக்கிறது என்று 1882-இல் அகாதமித் தலைவருக்கு ஒரு கடிதம் வந்தது. 1886-இல், மாணவிகள் இருந்த வகுப்பில் ஆண் மாடலின் இடுப்புத் துணியை ஈகின்ஸ் எடுத்துவிட்டார் என்ற விவகாரம் பெரிதாகி, அவர் வேலையை விட்டுப் போகவேண்டியதாயிற்று. அவர் நடத்தையைப் பற்றி வேறு புகார்களும் உண்டு. அவரை நான் தியாகி ஆக்க மாட்டேன்.

இனி உங்கள் இரண்டாவது கேள்வி. இதில்தான் உங்களோடு முரண்படுகிறேன்.

கேத்தரின் டிரிங்கர் என்றொரு பெண். 1841-இல் பிறந்தவர். அப்பா கப்பல் தலைவர், அதனால் இளமையில் கொஞ்ச காலம் சீனக் கரையில் உள்ள மக்காவ் நகரில் வளர்ந்தார். அப்பா இறந்தபின் அமெரிக்கா திரும்பி, பாடம் நடத்தித்தான் குடும்பத்தைத் தாங்கினார். ஓவியமும் விடவில்லை. 1878-இல் அந்த அகாதமியிலேயே பெர்ஸ்பெக்டிவ், அதாவது தூரமும் ஆழமும் தெரிய வரையும் முறை, பாடம் எடுத்தார். அங்கே பாடம் எடுத்த முதல் பெண் அவர்தான். அவருடைய ஸ்டூடியோவுக்குப் பதினாறு வயதில் ஒரு சொந்தக்காரப் பெண் வரையக் கற்றுக்கொள்ள வந்தாள். பிறந்த பன்னிரண்டாம் நாளே தாயை இழந்து, பாட்டியிடமும் சித்திகளிடமும் வளர்ந்தவள். பெயர் சிசிலியா போ. கேத்தரின் ஒரு பள்ளியில் பார்த்துவந்த டிராயிங் டீச்சர் வேலையும் பிறகு இந்தப் பெண்ணுக்கே வந்தது.

சிசிலியா அடுத்த பத்து வருடத்தில் செய்யாத வேலை இல்லை. பள்ளியில் டிராயிங் கற்றுக்கொடுத்தார். புதைபடிவ எலும்புகளை ஒரு விஞ்ஞானிக்காக லித்தோ என்ற கல்லச்சுக்கு வரைந்தார். பீங்கான் தட்டுகளில் பணக்காரக் குழந்தைகளின் முகங்களைத் தீட்டிச் சுட்டுக் கொடுத்தார். தட்டு வேலையை நினைத்துக் கடைசிவரை அவருக்கு வெட்கம் இருந்தது. ஆனால் அந்த எலும்புகளை எண்ணிப் பாருங்கள். ஒரு பல்லின் விளிம்பு எங்கே உடைந்திருக்கிறது, வெளிச்சம் எங்கே விழுகிறது என்று அளந்து அளந்து வரைந்த கை அது. 1885-இல் அக்காவையும் அவர் மடியில் இருக்கும் சிறுவனையும் வைத்து முடித்த பெரிய கேன்வாஸ் பெண் ஓவியர்களுக்கான அகாதமியின் மேரி ஸ்மித் பரிசை வாங்கியது, 1887-இல் சலோன் என்ற பாரீஸின் பெரிய ஓவியக் கண்காட்சியிலும் இடம்பிடித்தது. அந்தச் சாம்பலும் பழுப்பும் கலந்த அறையில் அம்மாவின் கையும் பிள்ளையின் கையும் சேரும் இடத்தைப் பாருங்கள். 1895-இல் சிசிலியா அதே அகாதமியில் முழுநேர ஆசிரியர் ஆனார். பெண்களில் அவர்தான் முதல். இருபது வருடம் கற்பித்தார். அவருடைய பேர்போன உருவப்படங்கள் பலவும் அந்த இருபது வருடத்தில் வரைந்தவைதான். கற்றுக்கொடுத்ததால் தூரிகை மழுங்கியது என்று அவரைப் பற்றி யாரும் சொல்ல முடியாது.

நீங்கள் சொன்ன மேரி கஸாட்டும் 1860களில் அந்த அகாதமியில் படித்தவர்தான். 1871-இல் அவரோடு சேர்ந்து ஐரோப்பாவுக்குக் கப்பலேறிய தோழி எமிலி சார்டெய்ன். மெசோடின்ட் என்ற செப்புத்தகட்டு அச்சோவியத்தில் கைதேர்ந்தவர். கஸாட் அங்கேயே தங்கினார், எமிலி திரும்பி வந்தார். 1886 முதல் 1920 வரை பிலடெல்பியா பெண்கள் வடிவமைப்புப் பள்ளிக்கு அவர்தான் முதல்வர். அந்தப் பள்ளியை 1848-இல் சேரா பீட்டர் என்ற பெண்மணி தன் வீட்டு அறையிலேயே தொடங்கியிருந்தார். வருமானம் இல்லாத பெண்கள் சுவர்த்தாள், கம்பளம், துணி இவற்றுக்கு டிசைன் போட்டுப் பிழைக்கவேண்டும் என்பது நோக்கம். எமிலி வந்து அங்கே மாடல் வகுப்பைக் கொண்டுவந்தார், அதை நடத்த ஆலிஸ் பார்பரை அழைத்தார். ஆம், 1879-இல் அந்த வகுப்பறையை வரைந்த அதே பெண். உட்கார்ந்து படித்தவள் அடுத்தவர்களை உட்காரவைத்தாள். பாடம் நடத்திக் காலம் கழித்ததாக நீங்கள் சொல்வதை நான் இப்படித்தான் பார்க்கிறேன்.

இதற்காக எல்லாம் நன்றாக இருந்தது என்று சொல்லிவிட மாட்டேன். நியூயார்க்கில் லில்லி மார்ட்டின் ஸ்பென்சர் என்று ஒருவர். பதின்மூன்று பிள்ளைகள் பெற்றார், ஏழுதான் தங்கின. வீட்டு வேலையைக் கணவர் பார்த்துக்கொள்ள, படம் வரைந்து குடும்பம் நடத்தியவர். அவர் சமையலறைப் படங்கள் அச்சாகி வீடு வீடாகத் தொங்கின. அவருக்கோ கடைசிவரை பணக்கஷ்டம்.

சூசன் மெக்டவல் கதையும் எனக்குத் தாங்காது. ஈகின்ஸின் மாணவி. மேரி ஸ்மித் பரிசு 1879-இல் தொடங்கியபோது முதலில் வாங்கியவர் அவர்தான். 1884-இல் ஈகின்ஸைக் கல்யாணம் செய்துகொண்டார், அதன்பின் தான் வரைவது குறைந்தது, கணவரின் படங்களுக்குக் காவலிருந்தார். 1916-இல் கணவர் இறந்தபோது சூசனுக்கு அறுபது தாண்டியிருந்தது. மறுபடி தூரிகை எடுத்தார். 1938-இல் சாகும்வரை வரைந்துகொண்டே இருந்தார், நிறம் முன்னைவிட வெளிச்சமானது. சூசனின் படங்களை மட்டும் வைத்து அகாதமி ஒரு கண்காட்சி நடத்தியது 1973-இல்.

உங்கள் பதினெட்டு வருடத்தில் நீங்களே வரைந்தவை ஏதாவது இருக்குமே? அடுத்த கடிதத்தோடு இரண்டு படம் அனுப்புங்கள். பார்க்க ஆசைப்படுகிறேன்.