கூட்டுறவு சங்கத் தேர்தல்ல மனுவைத் தள்ளிட்டா எங்க போகணும்?

கேள்வி: எங்க ஊர் தொடக்க வேளாண்மை கூட்டுறவு கடன் சங்கத்துல 2018 தேர்தலப்போ நிர்வாகக் குழுவுக்கு மனு போட்டேன். பயிர்க்கடன் பாக்கி இருக்குன்னு சொல்லி பரிசீலனைல தள்ளிட்டாங்க. கடன் கட்டுன ரசீது கைல இருந்துச்சு, யாரும் வாங்கிப் பாக்கல. எல்லாரும் போட்டியின்றி தேர்வுன்னு நோட்டீஸ் ஒட்டிட்டாங்க. முன்சீப் கோர்ட்டுல கேஸ் போட்டேன், இங்க வராதுன்னு திருப்பிட்டாங்க. அடுத்த தேர்தல் எப்ப வந்தாலும் நிக்கப்போறேன், இதே மாதிரி நடந்தா என்ன பண்றது?

பதில்: ஐயா, 2018 விஷயத்துல இனிமே ஒண்ணும் பண்ண முடியாதுங்க, வழக்குக்கான கெடு எப்பவோ போயிருச்சு, அந்தக் குழுவோட அஞ்சு வருஷமும் 2023லயே முடிஞ்சுபோச்சு. ரசீது கைல இருந்தும் நீங்க தோத்ததுக்குக் காரணம் நீங்க போன இடம்தான். தமிழ்நாடு கூட்டுறவு சங்கங்கள் சட்டம் 1983ல 156வது பிரிவு சிவில் கோர்ட் இதுக்குள்ள வரக்கூடாதுன்னு சொல்லுது, நிர்வாகக் குழு அமையறது சம்பந்தமான தகராறுன்னா 90வது பிரிவுல கூட்டுறவு சங்கங்களின் பதிவாளர்கிட்ட தாவா போடணும்னு சட்டம் வழி வச்சிருக்கு. நம்ம ஊருல கடன் வசூலுக்கு சங்கம் விவசாயி மேல போடுற அதே 90 தாவாதான், உறுப்பினரும் அதைப் போடலாம்ங்கிறது நிறைய பேருக்குத் தெரியல.

இதுல ஒரு முக்கியமான சங்கதி, தேர்தல் ரிசல்ட் அறிவிக்கிற வரைக்கும் இந்த தாவாவை எடுக்க மாட்டாங்க. மனுவைத் தள்ளுன அன்னைக்கே ஓடிப்போய் ஸ்டே வாங்கிடலாம்னு தோணும், ஆனா கோர்ட்டுங்க பொதுவா விடாது. இந்தக் கொள்கைக்கு வேரே நம்ம நாமக்கல்தான், முதல் பொதுத் தேர்தல்ல நாமக்கல் தொகுதிக்கு மனு போட்ட பொன்னுசாமி மனுவைத் தேர்தல் அதிகாரி தள்ளிட்டார்னு ஐகோர்ட் போய், அங்க தோத்து சுப்ரீம் கோர்ட் போனாரு, 1952ல சுப்ரீம் கோர்ட், தேர்தல்ங்கிறது ஆரம்பத்துல இருந்து ரிசல்ட் வரைக்கும் மொத்தமும் ஒண்ணு, நடுவுல தலையிட மாட்டோம், முடிஞ்சப்புறம் தேர்தல் வழக்கா போடுங்கன்னு சொல்லிருச்சு. அது சட்டமன்றத் தேர்தல்தான், ஆனா மகாராஷ்டிரா பால் கூட்டுறவு சங்கம் ஒண்ணோட வழக்குல 2001ல வாக்காளர் பட்டியல் தயாரிக்கிறதுகூட தேர்தலோட ஒரு கட்டம்தான், அதுலயும் ஐகோர்ட் நடுவுல புகுந்து தேர்தலை நிறுத்தக்கூடாதுன்னு தீர்ப்பு வந்துருச்சு.

இது கிராமத்து உறுப்பினருக்கு ரொம்ப அநியாயமா இருக்குன்னுதான் நான் நினைக்கிறேன், ஏன்னா தாவா இழுத்துக்கிட்டே போனா பதவிக்காலத்துல பாதி ஓடிரும், அதுவரைக்கும் போட்டியின்றி உள்ள வந்தவங்கதான் கடன் யாருக்குன்னு முடிவு பண்ணுவாங்க. ஆனா சட்டம் இப்ப இப்படித்தான் இருக்கு, அதனால ரிசல்ட்டுக்கு அப்புறம் தாவால ஜெயிக்கணும்னா அதுக்கு வேணுங்கிற காகிதத்தை எல்லாம் தேர்தலுக்கு முன்னாடியே சேத்து வைக்கணும்.

மொதல்ல நீங்க 'ஏ' வகுப்பு உறுப்பினரான்னு, அதாவது ஓட்டுரிமை உள்ள முழு உறுப்பினரான்னு பாருங்க. இணை உறுப்பினருக்கு ஓட்டும் கிடையாது, நிக்கவும் முடியாது. சங்க உறுப்பினர் பதிவேட்டுல உங்க பேரு, அப்பா பேரு, உறுப்பினர் எண் சரியா இருக்கான்னு பாருங்க, எழுத்துப் பிழை இருந்தாக்கூட இப்பவே எழுதிக் கொடுத்து திருத்துங்க, பரிசீலனை அன்னைக்கு அதையே காரணமா எடுப்பாங்க.

அடுத்தது கடன் பாக்கி. தவணை தவறுனவங்க குழுவுக்கு நிக்க முடியாதுங்கிறது சட்டமே, அதனாலதான் இதை வச்சு அடிக்கிறது சுலபம். ரசீது மட்டும் போதாதுங்க, பயிர்க்கடன், நகைக்கடன், யாருக்காவது ஜாமீன் போட்டிருந்தா அந்தக் கடன், எல்லாத்துக்கும் சேத்து சங்கச் செயலாளர் கையெழுத்தும் முத்திரையும் வச்ச நிலுவையில்லாச் சான்று வாங்குங்க. தர மாட்டேன்னு இழுத்தடிச்சா ரிஜிஸ்டர் தபால்ல கேளுங்க, அனுப்புன ரசீதையும் ஒப்புகை அட்டையையும் பத்திரமா வைங்க, கேட்டும் தரலைங்கிறதே பின்னாடி உங்களுக்கு சாட்சி.

சங்கம் தகவல் தராட்டி ஆர்டிஐ (தகவல் அறியும் உரிமைச் சட்டம்) மனு போடுங்க, ஆனா சங்கத்துக்கு இல்ல. 2013ல கேரளாவோட தலப்பலம் சங்க வழக்குல சுப்ரீம் கோர்ட், அரசு பெருமளவு பணம் போடாத கூட்டுறவு சங்கம் ஆர்டிஐக்குள்ள வராதுன்னு சொல்லிருச்சு, ஆனா பதிவாளர் பொது அதிகாரி, சட்டப்படி சங்கத்துகிட்ட இருந்து அவர் வாங்கக்கூடிய தகவலை அவர்கிட்ட கேக்கலாம்னும் அதே தீர்ப்புல இருக்கு. அதனால வாக்காளர் பட்டியல், பரிசீலனை நடவடிக்கைக் குறிப்பு எல்லாத்தையும் சரகத் துணைப் பதிவாளர் ஆபீஸ் பேருக்குக் கேளுங்க. உங்களுது கடன் சங்கம்கிறதால கூட்டுறவுத் துறை துணைப் பதிவாளர், இதைப் படிக்கிறவங்கள்ல பால் சங்கத்துக்காரங்க பால்வளத் துறைக்கும், நெசவாளர் சங்கத்துக்காரங்க கைத்தறித் துறைக்கும் போகணும், ஆபீஸ் மாறிப் போய் கெடுவை விட்டவங்க உண்டு.

பரிசீலனை அன்னைக்கு கட்டாயம் நேர்ல இருங்க. மனுவைத் தள்ளுனா காரணத்தை எழுத்துல கேளுங்க, தராட்டி அங்கயே ஆட்சேபணை எழுதி தேர்தல் அலுவலர்கிட்ட கொடுத்து நகல்ல கையெழுத்து வாங்குங்க, அதையும் மறுத்தா அன்னைக்கே மாநில கூட்டுறவு சங்கங்களின் தேர்தல் ஆணையத்துக்கும் துணைப் பதிவாளருக்கும் தபாலும் ஈமெயிலும் போயிரணும். நாலு நாள் கழிச்சு எழுதுன புகார் பின்னாடி யோசிச்சு எழுதுனதா தெரியும், தேதி ரொம்ப முக்கியம்.

ரிசல்ட் வந்ததும் ஒரு மாசத்துக்குள்ள தாவா மனுவைப் போட்டுருங்க, கெடு எவ்வளவுன்னு வாதாடுற நிலைமையே வரக்கூடாது. ஜெயிச்சதா அறிவிச்ச அத்தனை பேரையும், தேர்தல் அலுவலரையும், சங்கத்தையும் எதிர்மனுதாரரா சேருங்க, ஒருத்தரை விட்டாலும் அதை வச்சே மனுவைத் தள்ளச் சொல்லுவாங்க. ஊழல், மிரட்டல்னு பத்து குற்றச்சாட்டு அடுக்க வேணாம். சட்டமன்ற, நாடாளுமன்றத் தேர்தலுக்கான 1951 சட்டத்துல மனுவைத் தப்பா தள்ளுனதே தேர்தலை ரத்து பண்ணப் போதுமான காரணம், மத்த பல முறைகேடுகளுக்கு அதனால ரிசல்ட் பாதிச்சுதுன்னு தனியா நிரூபிக்கணும். அந்தச் சட்டம் கூட்டுறவுக்கு நேரா பொருந்தாது, ஆனா வாதத்துக்கு நல்ல பலம், அதனால மனுவைத் தள்ளுனது தப்புங்கிற ஒரே புள்ளியில நில்லுங்க.

பதிவாளர் தரப்பு முடிவு உங்களுக்கு எதிரா வந்தா 152வது பிரிவுல கூட்டுறவுத் தீர்ப்பாயத்துக்கு அப்பீல் போகலாம், மாவட்ட நீதிபதிதான் அங்க விசாரிப்பாரு, அதுக்கு மேலதான் ஐகோர்ட். எடுத்த எடுப்புல சங்கத்து மேல ரிட் (ஐகோர்ட்டுல நேரா போடுற மனு) போடலாம்னு யாராவது சொன்னா ஒத்துக்காதீங்க, 2006ல மாரப்பன் வழக்குல சென்னை ஐகோர்ட் அஞ்சு நீதிபதி பெஞ்ச் அது பொதுவா நிக்காதுன்னு முடிவு சொல்லிருக்கு.

பல மாநிலக் கூட்டுறவு சங்கத்துல உறுப்பினரா இருக்கிறவங்களுக்கு இது எதுவும் பொருந்தாது, அவங்களுக்கு 2002 மத்திய சட்டம், ரிசல்ட் வந்த ஒரு மாசத்துக்குள்ள நடுவர்கிட்ட (ஆர்பிட்ரேட்டர்) போகணும், 2023 திருத்தத்துக்கு அப்புறம் தேர்தலை நடத்துறதும் மத்திய கூட்டுறவுத் தேர்தல் ஆணையம்தான்.